நூற்று இருபத்தாறு சென்டிமீட்டர் கெளுத்தி

என் கடையின் பெயர் நமஸு. கெளுத்தி மீன் என்று அர்த்தம். அதை நம்பி உள்ளே வந்து கெளுத்தி கேட்பவர்களை ஒரு முறை முறைப்பேன். நான் போடுவது கல்லில் சுடும் ஒகொனொமியாகி அடை மட்டும்தான். பன்றிக்கறி போட்டது, கணவாய் போட்டது, இரண்டும் போட்டது. பிறகு எதற்கு வாசல் விளக்கில் மீசை வைத்த மீன் என்று யாராவது கேட்டால் போதும், அதற்காகவே காத்திருந்தவள் மாதிரி கரண்டியை வைத்துவிட்டுக் கதையை ஆரம்பித்துவிடுவேன்.

ஆறாம் வகுப்பில் நான் பிடித்த மீன் அது. ஏரியில் இல்லை, கையில் வைத்து விளையாடும் கேமில். அப்போது ஓசாக்காவின் ஃபுஸே பகுதியில் எங்கள் பள்ளியில் எல்லோரிடமும் அந்த மீன்பிடி கேம் இருந்தது. முக்கால் மீட்டர் பிடித்தவனைத் தோளில் தூக்கிக்கொண்டு திரிந்தார்கள். நான் பிடித்ததோ நூற்று இருபத்தாறு சென்டிமீட்டர். ஓசாக்காக்காரர்கள் நல்லவர்கள். கதை பெரிதாக இருந்தால் இன்னொரு பீர் வாங்கிக்கொண்டு கேட்பார்களே தவிர, உண்மையா என்று நோண்ட மாட்டார்கள்.

நோண்டுவதற்கென்றே பிறந்தவன் ஒருத்தன் இருக்கிறான். என் தம்பி கெங்கோ. என்னைவிட மூன்று வயது சின்னவன், திருகாணித் தொழிற்சாலையில் வேலை. கடைக்கு வருவான், இரண்டும் போட்டதைத் தின்பான், கதை உச்சத்துக்கு வரும் நேரம் பார்த்து, "அது நான் பிடிச்ச மீன்" என்பான். என் மீனை வைத்து அக்கா கடை நடத்துகிறாள் என்று பக்கத்து இருக்கைக்காரரிடம் புலம்பவும் செய்வான். அந்த கேம் கேசட், புத்தாண்டுக்குப் பெரியவர்கள் கொடுத்த பணத்தில் நாங்கள் இருவரும் சேர்ந்து வாங்கியது. பின்பக்கத்தில் அழியாத மையில் அவன் பெயர் இருக்கும், அதன்மேல் இன்னும் பெரிதாக என் பெயர் இருக்கும். ஆட்டத்தைச் சேமிக்க அதில் ஒரே ஒரு இடம்தான். இரண்டு பேர் விளையாட்டும் ஒரே கணக்கில் போய் விழும். ஆக மீன் யாருடையது என்று கேசட்டைப் பார்த்தால் தெரியாது.

உங்களிடம் மட்டும் உண்மையைச் சொல்லிவிடுகிறேன். அதை நான் பிடிக்கவில்லை.

ஒரு ஜூன் மாதச் சாயங்காலம் பள்ளியிலிருந்து வந்து கேமைத் திறந்தேன். சாதனைப் பட்டியலில் கெளுத்திக்கு நேரே நூற்று இருபத்தாறு என்று இருந்தது. முந்தின நாள் வரை எழுபத்தொன்று. கெங்கோ வெளியே பந்து விளையாடிக்கொண்டிருந்தான். அவன் பிடித்துவிட்டு அருமை தெரியாமல் போயிருக்கிறான் என்று நினைத்தேன். யார் முதலில் கத்துகிறார்களோ அவர்களுக்குத்தான் மீன் என்று அந்த நிமிடமே முடிவு செய்து, அவன் செருப்பைக் கழற்றும்போதே கத்திவிட்டேன். அவன் வாயைப் பிளந்துகொண்டு நின்றான். பிறகு, "நான்தான் பிடிச்சேன்" என்று அழ ஆரம்பித்தான். பொருளைப் பறிகொடுத்தவனின் அழுகை என்று எனக்குத் தோன்றியது. இருபது வருடமாக அது உள்ளே உறுத்திக்கொண்டேதான் இருக்கிறது. ஆனால் கடைக்குப் பெயர் வைத்து, விளக்கு மாட்டி, கதை சொல்லிப் பழகிவிட்ட பிறகு திருப்பிக் கொடுக்கவா முடியும்?

கடைக்கு ஐந்து வயது ஆகப்போகிறது. அந்தச் சாதனைப் பக்கத்தைப் படமாக எடுத்துச் சட்டம் போட்டுக் கல்லுக்குப் பின்னால் மாட்ட ஆசைப்பட்டேன். பழைய கருவியைத் தேடி எடுத்தால் திரை செத்துக் கிடந்தது. கெங்கோ அதைவிடப் பெரிய குண்டைப் போட்டான். கேசட்டுக்குள் காசு அளவில் ஒரு பேட்டரி இருக்கிறதாம், சேமித்ததையெல்லாம் அதுதான் உயிரோடு வைத்திருக்கிறதாம். இத்தனை வருடம் தாங்கியதே அதிசயம், அது நின்ற நிமிடம் மீனும் போய்விடும் என்றான். அன்று முழுக்க எனக்கு மாவு கரைக்கக் கை வரவில்லை.

வழியையும் அவனே சொன்னான். கேசட்டைச் செருகினால் உள்ளே இருப்பதைப் படித்துக் கம்ப்யூட்டரில் நகலாக எடுத்துக் கொடுக்கும் சின்னப் பெட்டி ஒன்று விற்கிறது. பிறகு கம்ப்யூட்டரையே அந்தப் பழைய கருவி மாதிரி நடிக்கவைக்கும் எமுலேட்டரில் அந்த நகலைப் போட்டு விளையாடலாம். நம் கேசட், நம் வீடு, நமக்காக ஒரு நகல், யாருக்கும் கொடுக்கப்போவதில்லை. பெட்டியை அவனே வாங்கியும் வந்துவிட்டான். நான் நன்றி சொல்ல வாயெடுத்தேன்.

"உன் மீனுக்காக இல்லக்கா, என் மீனுக்காக" என்றான்.

புத்தாண்டு இரண்டாம் நாள் அம்மா வீட்டில் கூடினோம். மோச்சி அரிசிக் கொழுக்கட்டை போட்ட சூப் குடித்து முடித்து, அடியில் சூடு வரும் கொதத்ஸு மேசையின் போர்வைக்குள் காலை விட்டு உட்கார்ந்தாயிற்று. டிவியில் மாணவர்களின் தொடர் ஓட்டம். டிவிக்கு மேலே, சுவரில், சட்டம் போட்ட இரண்டு சான்றிதழ்கள். மீன் மாட்டிய அந்த வருடம் முழுக்க ஒருநாள்கூட விடுப்பு எடுக்காததற்காக எனக்கும் கெங்கோவுக்கும் பள்ளி கொடுத்தவை. நாங்கள் இருவரும் படிப்பில் வாங்காத பெயரை வருகையில் வாங்கினோம் என்பதில் அம்மாவுக்குப் பெருமை. ஒவ்வொரு வருடக் கடைசிச் சுத்தத்திலும் அந்தக் கண்ணாடிகளை முதலில் துடைப்பாள்.

அம்மா பெயர் மிட்சுயே. வயது அறுபத்திரண்டு. எங்கள் மீன் சண்டையில் அவள் தலையிட்டதே இல்லை. குரல் உயர ஆரம்பித்ததும், துணி காய்ந்திருக்கும் என்று சொல்லி எழுந்து பால்கனிக்குப் போய்விடுவாள். மழை பெய்தாலும் போவாள்.

கேசட்டை எடுத்ததும் பழக்கதோஷத்தில் வாயருகே கொண்டுபோய் ஊதினேன். சின்ன வயதில் எல்லோரும் அப்படித்தான் செய்வோம். ஊதினால் ஓடும். கெங்கோ கேசட்டைப் பிடுங்கிக்கொண்டான். எச்சில் ஈரம் பட்டுத்தான் கேசட் வாயிலுள்ள செம்புப் பற்களெல்லாம் களிம்பேறுகின்றன என்று பெரிய மருத்துவர் மாதிரி திட்டினான். அவன் ஊதாத ஊதலா? பெட்டியில் செருகி முதல் தடவை படித்தபோது கேமின் பெயர் வரவேண்டிய இடத்தில் கோழி கிளறியது மாதிரி ஏதோ வந்தது. பஞ்சுக்குச்சியில் ஆல்கஹால் தொட்டுப் பற்களைத் தேய்த்தான். பஞ்சு கறுப்பாக வந்தது. இரண்டு பேருடைய இருபது வருட எச்சில். மறுபடி செருகினான், பெயர் ஒழுங்காக வந்தது. ஒரு தடவைக்கு இரண்டு தடவையாக நகல் எடுத்து, இரண்டும் ஒன்றுபோல இருக்கிறதா என்று ஒத்துப் பார்த்தான். கேம் ஒரு ஃபைல், நாங்கள் சேமித்தது இன்னொரு ஃபைல். அவன் கவனமாகச் செய்வதைப் பார்த்தபோது, திருடின மீனைத் திருட்டுக் கொடுத்தவனே காப்பாற்றுகிறானே என்று எனக்கு வெட்கமாகிவிட்டது.

எமுலேட்டரைத் திறந்தான். அந்தப் பழைய இசை டொய்ங் டொய்ங் என்று வந்தது. சாதனைப் பட்டியலைத் திறந்தான்.

காலி. கெளுத்தி பூஜ்யம். கெண்டை பூஜ்யம். எல்லாம் பூஜ்யம்.

வாசல் விளக்கு, கதை, கடை எல்லாம் ஒரு நொடியில் கண்முன் அணைந்து போனது. கெங்கோவின் கழுத்தைப் பிடித்திருப்பேன், ஆனால் அவன் முகம் என் முகத்தைவிட வெளுத்திருந்தது. கொஞ்ச நேரம் தலையைச் சொறிந்தான். பிறகு நெற்றியில் அடித்துக்கொண்டான். இரண்டு ஃபைலுக்கும் ஒரே பெயர் இருந்தால்தான் இதற்கு அது துணை என்று எமுலேட்டருக்குப் புரியுமாம். இவன் ஒன்றுக்கு மீன் என்றும் மற்றதற்கு அக்கா என்றும் பெயர் வைத்திருக்கிறான். மாற்றினான். மறுபடி திறந்தான்.

கெளுத்தி, நூற்று இருபத்தாறு சென்டிமீட்டர்.

நான் அழுதேவிட்டேன். வெட்கமில்லாமல் அழுதேன். அம்மா ஓட்டப்பந்தயத்தை விட்டுத் திரும்பி, மிகான் ஆரஞ்சுப் பழத்தை உரித்துக்கொண்டே எட்டிப் பார்த்தாள்.

படம் எடுக்க வேண்டியதுதான் பாக்கி. பட்டியலில் கெளுத்தி இருக்கும் வரிக்குப் போய் நிற்க வேண்டும், ஆனால் கம்ப்யூட்டர் விசைகளில் எது கருவியின் எந்தப் பொத்தான் என்று கெங்கோவுக்குத் தெரியவில்லை. தானியம் கொத்துகிற கோழி மாதிரி ஒவ்வொன்றாகத் தட்டிக்கொண்டே போனான். ஒன்று மேலே போனது, ஒன்று பட்டியலை மூடியது, ஒன்று ஒன்றுமே செய்யவில்லை. அடுத்ததைத் தட்டியபோது, நாங்கள் இருபது வருடத்தில் பார்த்தே இராத ஒரு பக்கம் திறந்தது. கேமோடு வந்த விளக்கப் புத்தகத்தைத் தொலைக்காமல் இருந்திருந்தால் அப்போதே தெரிந்திருக்கும், பிடித்த ஒவ்வொரு மீனுக்கும் தனியாக ஒரு பக்கம் உண்டு என்று.

பெரிய கெளுத்தியின் படம். கீழே: இடம், மேற்குக் கரை நாணல். இரை, இறால். நாள், ஜூன் 8, செவ்வாய். நேரம், காலை 10:42.

கேசட்டுக்குள் கடிகாரமும் இருந்ததை இரண்டு பேரும் மறந்தே போயிருந்தோம்.

செவ்வாய் காலை பத்தே முக்கால். எனக்குக் கணக்கு வகுப்பு. நான் மெதுவாகக் கெங்கோவைப் பார்த்தேன். அவன் அதைவிட மெதுவாக என்னைப் பார்த்தான்.

"அன்னிக்கு நீ லீவா?" என்றான்.

இரண்டு பேரும் ஒரே சமயத்தில் தலையைத் தூக்கி டிவிக்கு மேலே பார்த்தோம். கண்ணாடி பளபளவென்று இருந்தது. ஒருநாள்கூட விடுப்பு எடுக்காதவள். ஒருநாள்கூட விடுப்பு எடுக்காதவன்.

"நான் பிடிக்கலடா," என்றேன். இருபது வருடம் தொண்டையில் நின்றது அவ்வளவு சின்னதாகத்தான் வெளியே வந்தது. "நீதான் பிடிச்சேன்னு நெனச்சேன்."

"நானும் பிடிக்கல. நீ கத்தினதும் நீதான் பிடிச்சிருக்கேன்னு நெனச்சேன். வயித்தெரிச்சல்ல சொன்னேன்."

"இருபது வருஷமாவா வயித்தெரிச்சல்?"

"கடை வேற தொறந்துட்டே. அப்புறம் எப்படி நிறுத்துறது?"

சிரிப்பு வரவேண்டிய இடம்தான், வரவில்லை. நாங்கள் இருவரும் பள்ளியில் இருந்த நேரத்தில் இந்த வீட்டில் இருந்தது ஒரே ஒரு ஆள். இரண்டு பேரும் திரும்பினோம். அம்மா மிகான் சுளையின் வெள்ளை நாரை அக்கறையாக எடுத்துக்கொண்டிருந்தாள்.

"வாஷிங் மெஷின் ஓடி முடிக்க நாப்பது நிமிஷம் ஆகும்," என்றாள். "அதுவரைக்கும் சும்மா எதுக்கு உக்காந்திருக்கணும்?"

எவ்வளவு நாளாக விளையாடினாய் என்று கெங்கோ கேட்டான். அந்த வசந்தம் முழுக்கவாம். நாங்கள் பிடித்ததாக நினைத்துக்கொண்டிருந்த கெண்டைகளில் பாதி அவளுடையதாம். அந்தக் கெளுத்தி இழுத்த இழுப்பில் பெருவிரல் இரண்டு நாள் வலித்ததாம். சொல்லும்போது அவளுக்குச் சிரிப்பை அடக்க முடியவில்லை. எனக்குத்தான் ரோஷம் பொத்துக்கொண்டு வந்தது.

"ஏம்மா சொல்லல? இத்தனை வருஷம் நாங்க அடிச்சுக்கிட்டத வேடிக்கை பாத்தியா?"

"நீங்க யாராவது என்னைக் கேட்டீங்களா? ‘அக்காவா தம்பியா’ன்னு மட்டும்தானே கேட்டீங்க." சுளையை வாயில் போட்டுக்கொண்டாள். "சாயங்காலமா சொல்லலாம்னுதான் இருந்தேன். வந்ததும் வராததுமா நீ குதிச்சே, அவன் அழுதான். சரி, ஒருத்தருக்காவது சந்தோஷமா இருக்கட்டும்னு விட்டுட்டேன்."

"அப்புறம் விளையாடவே இல்லையா?" என்றான் கெங்கோ.

"எப்படி விளையாட? இதைவிடப் பெரிசு ஒண்ணு மாட்டிட்டா நம்பர் மாறிடுமே. அப்புறம் உங்க மீனு எங்க இருக்கும்?"

அவள் அதைச் சாதாரணமாகத்தான் சொன்னாள். உப்பு கொஞ்சம் கூடிவிட்டது என்று சொல்கிற குரல். எனக்கு அந்தப் பால்கனி ஞாபகம் வந்தது. நாங்கள் மீனுக்குச் சண்டை போடும்போதெல்லாம், மீனைப் பிடித்தவள் மழையில் போய் நின்றுகொண்டிருந்திருக்கிறாள். அவள் கடைக்குச் சாப்பிட வந்த நாட்களில், இறால் போட்டுப் பிடித்தவளின் எதிரே நின்றுகொண்டே நான் எத்தனை வாடிக்கையாளரிடம் மண்புழு போட்டுப் பிடித்ததாகச் சொல்லியிருக்கிறேன். ஒரு தடவைகூட அவள் திருத்தியதில்லை. எனக்கு என்மேலேயே ஆத்திரமாக வந்தது, கூடவே அவளை இறுக்கிக் கட்டிக்கொள்ள வேண்டும் போலவும் இருந்தது. எங்கள் வீட்டில் அப்படிச் செய்யும் வழக்கம் இல்லை. மிகான் கூடையை அவள் பக்கம் நகர்த்தி வைத்தேன்.

கெங்கோ அந்தப் பக்கத்தை, நாள் நேரம் எல்லாம் தெரியும்படி படம் எடுத்தான். சட்டம் போட்டுக் கடையில் மாட்டப்போவது அதுதான். கதையும் மாறத்தான் வேண்டும். செவ்வாய்க்கிழமை காலை, துணி துவைக்க நாற்பது நிமிடம் என்று ஆரம்பிக்க வேண்டியதுதான். யோசித்துப் பார்த்தால் பழைய கதையைவிட இதற்கு இரண்டு பீர் கூடுதலாகப் போகும்.

அம்மா கையைத் துடைத்துக்கொண்டு மேசையைச் சுற்றி எங்கள் பக்கம் வந்தாள். கண்ணாடியை மாட்டிக்கொண்டு திரையைக் கிட்டத்தில் பார்த்தாள்.

"நகல் எடுத்தாச்சுல்ல?"

"ரெண்டு எடுத்திருக்கேன்மா."

"இதுல நான் என்ன பண்ணினாலும் அந்த மீன் அப்படியே இருக்கும்ல?"

"இருக்கும். எதுவும் ஆகாது."

"அப்ப தள்ளுங்க ரெண்டு பேரும்," என்றாள் அம்மா. "தூண்டில் போடுறதுக்கு எந்தப் பொத்தான்?"