‘ஆகவே’க்குப் பிறகு

நீதிபதிகள் எப்படி ஒரு முடிவுக்கு வருகிறார்கள் என்பது என் நாத்தனாரிலிருந்து பால்காரர் வரை எல்லாருக்கும் தெரியும். எனக்குத்தான் கடைசிவரை சரியாகப் பிடிபடவில்லை. இத்தனைக்கும் இருபத்தெட்டு வருஷம் அவர்கள் சொல்லச் சொல்ல எழுதியவள் நான். மேல்முறையீட்டு நீதிமன்றத்தில் சுருக்கெழுத்தாளர், கட்டடம் முழுக்க ‘ஸ்டெனோம்மா’. வீட்டில் ‘ஊமைக்கோட்டான்’, அது நாத்தனார் வைத்த பெயர். என் காதில் விழுந்த தீர்ப்பெல்லாம் கிணற்றில் போட்ட கல்தான், அதில் அவளுக்குக் கோபம். இப்போது நான் ஓய்வு பெற்றாயிற்று. சம்பந்தப்பட்ட மூன்று ஐயாக்களும் போய்ச் சேர்ந்துவிட்டார்கள். அதனால் இந்த ஒரு கல்லை மட்டும் வெளியே எடுக்கிறேன்.

அந்த மூவருக்கும் நாங்கள் பெயர் வைத்திருந்தோம். தலைமை நீதிபதி ‘மணிக்கூண்டு’. ஆள் உயரம், பத்தரை என்றால் பத்தரைக்கு இருக்கையில் இருப்பார், தீர்ப்பை மூச்சுவிடாமல் சொல்லி முடிப்பார். அடுத்தவர் ‘அதேதான் ஐயா’. எந்த வழக்கானாலும் “நானும் அதேதான்” என்று கையெழுத்துப் போடுவார். மூன்றாமவர், மூவரில் இளையவர், என் ஐயா. அவருக்கு ‘ரப்பர் ஐயா’ என்று பெயர். ஒரு வரியை ஏழு முறை அழித்து எழுதச் சொல்வார். நான் திட்டாத நாளில்லை, மனசுக்குள்தான்.

வழக்கு இதுதான். படுத்த படுக்கையாக இருந்த ஒரு பெரியவரை இரண்டு வருஷம் பார்த்துக்கொண்டவள், வீட்டோடு தங்கி வேலை செய்த ஒரு பராமரிப்புக்காரி. ஒருநாள் காலை ஏழரை மணிக்கு மகன் அறைக்குள் போகிறார். அப்பா இறந்துகிடக்கிறார். பக்கத்து நாற்காலியில் அவள் மடியில் தலையணையை வைத்துக்கொண்டு சும்மா உட்கார்ந்திருக்கிறாள். “எப்போ?” என்று கேட்டால், “ஆறரைக்கு” என்கிறாள். முந்தின நாள் அவளுக்கும் வீட்டாருக்கும் சின்ன வாய்ச்சண்டை நடந்திருந்தது. மூச்சடைத்து இறந்திருக்கலாம், நெஞ்சு நோயாலும் இறந்திருக்கலாம் என்று டாக்டர் இரண்டு பக்கமும் சொல்லிவிட்டார். தலையை நேராகப் படுக்கவைக்கத்தான் தலையணையை எடுத்தேன் என்றாள் அவள்.

விசாரணையில் அவளைக் கேட்டார்கள்: ‘ஒரு மணி நேரம் ஏன் யாரையும் கூப்பிடவில்லை?’ பதிவில் இருக்கிற பதில்: ‘தெரியவில்லை.’

அந்த இடத்தில்தான் கீழ்க்கோர்ட் அவளைப் பிடித்துக்கொண்டது. குற்றமில்லாதவள் அப்போதே கத்தி ஊரைக் கூட்டியிருப்பாள், இவள் கத்தவில்லை, ஆகவே இவள்தான் தலையணையை வைத்து அழுத்தினாள். பத்து வருஷம். அதில் மூன்றை அவள் கழித்துவிட்டுத்தான் வழக்கு எங்களிடம் வந்தது.

உண்மையைச் சொல்லிவிடுகிறேன். காகிதத்தைப் படித்ததும் நானும் அவளைத்தான் திட்டினேன். ‘பிணத்துக்குப் பக்கத்தில் ஒரு மணி நேரம் வாயைத் திறக்காமல் உட்கார்ந்திருந்தாளாமே, கல்லுளிமங்கி!’ என்று தட்டச்சுக்காரப் பெண்ணிடம் சொன்னேன். எங்கள் கோர்ட்டில் வாதம் நடந்த நான்கு நாளும் கடைசி பெஞ்சில் அவளுடைய மகள் வந்து உட்கார்ந்திருந்தாள். இருபது வயதிருக்கும், துணிக்கடையில் வேலை. மடியில் ஒரு பை. அதில் அம்மாவுக்கு மாற்று உடுப்பு வைத்திருக்கிறாள் என்று பியூன் சொன்னார். அன்றைக்கே விட்டுவிடுவார்கள் என்று ஒவ்வொரு நாளும் கொண்டுவந்திருக்கிறாள். பாவமாகத்தான் இருந்தது. ஆனாலும் என் எண்ணம் மாறவில்லை.

வாதம் முடிந்ததும் மூவரும் மணிக்கூண்டின் அறைக்குள் போய்க் கதவைச் சாத்திக்கொண்டார்கள். எங்கள் நீதிமன்றத்தில் ஒரு வழக்கம் உண்டு, இளையவர்தான் முதலில் கருத்துச் சொல்ல வேண்டும். பெரியவர் வாயைத் திறந்துவிட்டால் முன் ஏர் போன வழியில் பின் ஏரும் போய்விடும் என்பதற்காக யாரோ ஒரு புத்திசாலி ஏற்படுத்தியது. அதனால் ரப்பர் ஐயாதான் முதலில் சொன்னாராம்: தண்டனையை உறுதிசெய்யலாம். அதேதான் ஐயா தன் வழக்கப்படி சொன்னார். மணிக்கூண்டும் ஒப்புக்கொண்டார். பத்தே நிமிஷத்தில் முடிந்தது. எழுதுகிற வேலை என் ஐயா தலையில் விழுந்தது.

“மூணு பேருக்கும் ஒரே கருத்து, ஸ்டெனோம்மா. மதியத்துக்குள்ள முடிச்சிடலாம்,” என்று சொல்லிக்கொண்டே உள்ளே வந்தார்.

சம்பவம், சாட்சிகள், டாக்டர் எல்லாம் மளமளவென்று வந்தது. அதிசயமாக ஒரு வரியைக்கூட அழிக்கச் சொல்லவில்லை. பதினான்காவது பத்திக்கு வந்தோம்.

“இயல்பான மனிதர் யாராயினும், தன் கண்ணெதிரே ஓர் உயிர் பிரிந்தால், உடனடியாகப் பிறரை அழைத்திருப்பார். குற்றம்சாட்டப்பட்டவர் ஒரு மணி நேரம் அழைக்கவில்லை. ஆகவே...”

நின்றுவிட்டார். நான் பென்சிலைத் தூக்கிப் பிடித்தபடி காத்திருந்தேன்.

“முதல்லேர்ந்து வருவோம்,” என்றார். மறுபடி சொன்னார். மறுபடி ‘ஆகவே’ வரை வந்து நின்றார். வார்த்தை மாற்றிச் சொல்லிப் பார்த்தார். ‘இயல்பான மனிதர்’ என்பது ‘சராசரி மனிதர்’ ஆனது, பிறகு ‘எவரும்’ ஆனது. ‘ஆகவே’ மட்டும் அங்கேயே நின்றது. எழுந்து ஜன்னலுக்குப் போனார், கண்ணாடியைத் துடைத்தார், தண்ணீர் குடித்தார். பசி வேறு எனக்கு. ‘நீங்கள் சொல்லாவிட்டால் நானே சொல்லி முடித்துவிடுவேன் ஐயா’ என்று நாக்கு நுனிவரை வந்துவிட்டது.

நான்காவது ‘ஆகவே’க்குப் பிறகு அவர் என் பக்கம் திரும்பாமலே கேட்டார்.

“அன்னிக்கிக் காலையில ஃபோன்ல என் குரல் எப்படி இருந்துச்சு, ஸ்டெனோம்மா?”

எந்த அன்றைக்கு என்று நான் கேட்கவில்லை. கேட்க வேண்டிய அவசியமில்லை. ஆறு வருஷமாக நாங்கள் இருவரும் தொடாமல் வைத்திருந்த நாள் அது. காலை ஏழரை மணிக்கு அவர் வீட்டுக்கு ஃபோன் செய்தேன். அவசரத் தீர்ப்பு ஒன்றில் ஒரு சந்தேகம். எடுத்தார், பேசினார், வைத்தார். பதினோரு மணிக்குச் செய்தி வந்தது, அவருடைய வீட்டம்மா காலமாகிவிட்டார் என்று. இறந்தது ஏழே காலுக்காம். சாவு வீட்டில் இரண்டு பேர் அந்த நேரத்தைச் சொன்னார்கள். நான் மனசுக்குள் கணக்குப் போட்டுப் பார்த்துவிட்டு, யாரிடமும் மூச்சுவிடாமல் வந்துவிட்டேன்.

“எப்பவும் போலத்தான் இருந்துச்சுங்க ஐயா,” என்றேன். “நாப்பத்திரெண்டாம் பக்கத்துல ஒரு வரிய அடிச்சிடச் சொன்னீங்க.”

“அவ எதிர்ல நாற்காலியில இருந்தா. டீ கொடுத்தேன், வாங்கல. தொட்டுப் பாத்தேன். அப்புறம் உக்காந்துட்டேன். நீங்க ஃபோன் பண்ணீங்க, பேசினேன். மறுபடி வந்து உக்காந்துட்டேன். எட்டரை மணிக்குத்தான் பையனுக்குச் சொன்னேன். ஏன்னு இன்னைக்கிக் கேட்டாலும் எனக்குத் தெரியாது.”

இதெல்லாம் தெரிந்த நான்தானே, முகம்கூடச் சரியாகத் தெரியாத ஒருத்தியைக் கல்லுளிமங்கி என்றேன்? இரண்டையும் பக்கத்தில் பக்கத்தில் வைத்துப் பார்க்க எனக்கே தோன்றவில்லை. வெட்கமாக இருந்தது.

“அப்போ விட்டுடலாங்களா ஐயா?” என்று கேட்டுவிட்டேன். இருபத்தெட்டு வருஷத்தில் ஒரு நீதிபதியிடம் நான் வழக்கைப் பற்றி வாய்திறந்தது அந்த ஒரு தடவைதான்.

அவருக்குக் கோபம் வந்துவிட்டது. “என் வீட்டுக் கதைய வெச்சு அவள விடுறதா? அதுக்குப் பேரு தீர்ப்பு இல்லம்மா. நான் உக்காந்திருந்தேங்கறதால அவ கொலை பண்ணலைன்னு ஆயிடுமா? கேஸ் கட்டு மொத்தத்தையும் கொண்டாங்க.”

மூன்று நாள் அந்தக் கட்டோடு கிடந்தார். சாட்சிகளின் வாக்குமூலத்தை நான் வரிவரியாகப் படித்தேன், அவர் கண்ணை மூடிக்கொண்டு கேட்டார். அந்த ஒரு மணி நேரம் வருகிற இடமெல்லாம் கையை உயர்த்துவார். அதை விட்டுவிட்டு மேலே படிக்க வேண்டும். அதை எடுத்துவிட்டால் கட்டடம் நிற்கிறதா என்று பார்க்கிறார் என்பது எனக்கு இரண்டாம் நாள்தான் புரிந்தது. வாய்ச்சண்டை இருக்கிறது. அது எந்த வீட்டில் இல்லை? டாக்டர் இரண்டு பக்கமும் பேசியிருக்கிறார்.

“மிச்சம் ஒரு தலையணைதான், ஸ்டெனோம்மா,” என்றார் மூன்றாம் நாள் மாலை. “தலையணை எல்லார் வீட்லயும் இருக்கு.”

மறுநாள் மணிக்கூண்டிடம் போய், தன் கருத்தை மாற்றிக்கொள்வதாகச் சொன்னார். எழுத வரவில்லை என்றும் சொல்லியிருக்கிறார். மணிக்கூண்டுக்கு அது விளங்கவில்லை. எழுத வராமல் போவது என்ற ஒன்றை அவர் வாழ்நாளில் கண்டதில்லை. “அதெப்படி வராம போகும்? உங்க ஸ்டெனோவ வரச் சொல்லுங்க. நான் சொல்றேன், எழுதிக்கட்டும்,” என்றாராம். அப்படித்தான் மூன்று நீதிபதிகள் கலந்து பேசுகிற அறைக்குள் நான் போக நேர்ந்தது.

“எங்க நின்னுச்சு? படிங்க,” என்றார் மணிக்கூண்டு.

படித்தேன். நான்கு முறை ‘ஆகவே’, நான்கு முறையும் அதோடு சரி.

“அப்புறம்?”

“அப்புறம் ஐயா ஒண்ணும் சொல்லலைங்க.”

மணிக்கூண்டு நாற்காலியில் சாய்ந்து, ஒரே மூச்சில் சொன்னார். குறை சொல்ல முடியாத வரிகள். என் பென்சில் ஒரு இடத்திலும் தயங்கவில்லை. முடித்துவிட்டு என் ஐயாவைப் பார்த்தார், கோபமாக அல்ல, வருத்தமாக. “கீழ்க்கோர்ட் நீதிபதி அவள நேர்ல பாத்தவரு. நாம காகிதத்தப் பாக்குறோம். அவர் நம்பினத நாம எந்த தைரியத்துல அழிக்கிறது? நாளைக்கி இன்னொரு கிழவர் தலையணைக்கு அடியில செத்தா நாமதானே பதில் சொல்லணும்?”

அது நியாயமான கேள்விதான். அவர் மனசாட்சி இல்லாத மனிதர் என்று யாராவது சொன்னால் நான் சண்டைக்குப் போவேன்.

“அவர் பாத்தது ஒன்பது மாசம் கழிச்சு, கூண்டுல நின்னவளை,” என்றார் என் ஐயா. “அந்த ஒரு மணி நேரத்துல அவள யாரும் பாக்கல. நாம அதுக்குள்ள ஒரு கொலைய வெக்கிறோம். வேற எத வேணும்னாலும் வெக்கலாம்.” தன் வீட்டைப் பற்றி ஒரு சொல் அவர் சொல்லவில்லை. சொல்லியிருந்தால் அந்த நிமிஷமே மணிக்கூண்டு மனம் இளகியிருப்பார். அதனால்தான் சொல்லவில்லை என்று பிற்பாடு நினைத்துக்கொண்டேன்.

மணிக்கூண்டு இரண்டாமவர் பக்கம் திரும்பினார். “நீங்க என்ன சொல்றீங்க?”

“நானும் அதேதான்,” என்றார் அதேதான் ஐயா.

நான் நோட்டை மூடப் போனேன். மணிக்கூண்டும் தலையாட்டிவிட்டார். அப்போது அதேதான் ஐயா டீ கோப்பையைக் கீழே வைத்து, விரலால் என் ஐயாவைக் காட்டினார்.

“அவர் சொன்னதுதான் நானும்.”

மணிக்கூண்டு திரும்பி அவரைப் பார்த்துக் கேட்டார், “அன்னிக்கி வேற சொன்னீங்களே?”

“அன்னிக்கி நான் யோசிக்கலைங்க. யோசிக்காம எத்தனை கையெழுத்து போட்டிருக்கேன்னு நாலு நாளா யோசிக்கிறேன்.” அவர் குரலை நாங்கள் அவ்வளவு நீளமாகக் கேட்டதே இல்லை. “என் தம்பி ஆஸ்பத்திரியில செத்தப்போ பக்கத்துல நான்தான் இருந்தேன். வெளிய வந்து சலூனுக்குப் போய் முடி வெட்டிக்கிட்டேன். ஷேவ் வேற. அப்புறந்தான் வீட்டுக்குச் சொன்னேன். இது என் பொண்டாட்டிக்கே தெரியாது. சரி, அது வழக்குல இல்ல. விட்டுடுங்க. வழக்குல இருக்கிறது போதல, அவ்வளவுதான்.”

என் ஐயா அவரை நிமிர்ந்து பார்த்தார். வாய் திறக்கப் போகிறார் என்று நினைத்தேன். திறக்கவில்லை.

இரண்டுக்கு ஒன்று என்று தீர்ப்பு வந்தது. மணிக்கூண்டு தன் மாறுபட்ட தீர்ப்பைத் தனியாக எழுதினார், அதுவும் என் கையால்தான். சுத்தமான எழுத்து. தட்டச்சுப் பிழை ஒன்றைத் தவிர அதில் மாற்ற எனக்கு ஒன்றும் தோன்றவில்லை. என் ஐயாவின் தீர்ப்பில் பதினான்காவது பத்தி மூன்றே வரி: சாவின் முன்னால் மனிதர் இப்படித்தான் நடப்பார் என்று சட்டம் எந்த அளவுகோலும் வைத்திருக்கவில்லை, ஒருவர் பேசாமல் உட்கார்ந்திருந்தது அவர் பேசாமல் உட்கார்ந்திருந்ததற்கு மட்டுமே சான்று, ஆகவே மேல்முறையீடு ஏற்கப்படுகிறது. நாற்காலி, டீ, சலூன் எதுவும் அதில் இல்லை.

கோர்ட்டில் தீர்ப்பைப் படித்து முடித்ததும் அவளுடைய வக்கீல் விடுதலைக் காகிதம் வாங்க மாடிப்படியில் ஓடினார். கோர்ட் காலியாயிற்று. பென்சில் டப்பாவை மறந்துவிட்டேன் என்று நான் திரும்பி வந்தபோது, பியூன் சாவிக்கொத்தோடு கதவருகில் நின்று முணுமுணுத்துக்கொண்டிருந்தார்.

“பாருங்க ஸ்டெனோம்மா. அம்மாவுக்கு விடுதலைன்னா சாதாரணமா ஒரு பொண்ணு என்ன பண்ணும்? அழும், இல்ல ஓடும். இது இடிச்சபுளி மாதிரி உக்காந்திருக்கு. காது கேக்கலையான்னு ரெண்டு தடவ கேட்டுட்டேன்.”

கடைசி பெஞ்சில் அந்தப் பெண். மடியில் பை, பையின் மேல் இரண்டு கை. பார்வை எங்கள் காலி நாற்காலிகள் மேல்.

“சாவிய என்கிட்ட குடுத்துட்டுப் போங்க, நான் பூட்டிக்கிறேன்,” என்றேன். அவர் போனதும் அவளுக்கு இரண்டு பெஞ்சு தள்ளி உட்கார்ந்துகொண்டேன்.

அவள் எழுந்திருக்க நாற்பது நிமிஷம் ஆயிற்று. சுவரில் கடிகாரம் இருந்ததால் எனக்குத் தெரியும். அவளைக் கேட்டிருந்தால், தெரியவில்லை என்றுதான் சொல்லியிருப்பாள்.