ஒரு சாண் தூசி

ஐந்தரைக்குத்தான் கூடுவதாகப் பேச்சு. ஐந்து இருபதுக்கே ஆறு பேரும் தெருமுனையில் வந்து நின்றுகொண்டிருந்தார்கள். தூரத்திலிருந்து அவர்களைப் பார்த்ததுமே மிசாவோ நடையை எட்டிப் போட்டாள். பன்னிரண்டு வருடம் பேருந்து நிலையத்தில் கண்ணாடிக்குப் பின்னால் உட்கார்ந்து சீட்டுக் கிழித்துக் கொடுத்தவள், இன்று கையில் சின்ன நீலக் கொடியோடு, தான் பிறந்து வளர்ந்த கியோத்தோவின் நிஷிஜின் தெருக்களை மற்றவர்களுக்குச் சுற்றிக் காட்டப் போகிறாள். முதல் நடை. வானம் இன்னும் முழுதாக வெளுக்கவில்லை.

சப்போரோவிலிருந்து வந்த ஒரு கணவன் மனைவி. இரண்டு கல்லூரித் தோழிகள். ஓகிதா என்று ஒரு பெரியவர். நாற்பது வருடம் ரயில் ஓட்டி ஓய்வு பெற்றவர், வெள்ளைக் கையுறை போடும் பழக்கத்தை மட்டும் விடவில்லை. ஆறாவது ஆள் ஹமாகுச்சி. ஒசாகாக்காரர். கியோத்தோவில் அவருக்கு மூன்று விடுதிகள் இருந்தன. அவர் சரி என்று ஒரு வார்த்தை சொன்னால் அந்த விடுதிகளுக்கு வருகிறவர்கள் தினமும் மிசாவோவோடு நடப்பார்கள். இல்லையென்றால் திங்கட்கிழமை மறுபடி கண்ணாடிக்குப் பின்னால் போய் உட்கார வேண்டியதுதான். அந்த நாற்காலியை அதுவரைக்கும்தான் காலியாக வைத்திருப்பதாக மேலாளர் சொல்லியிருந்தார்.

"தங்கச்சி, முன்னாடியே சொல்லிடறேன்," என்றார் ஹமாகுச்சி கொட்டாவியோடு. "என் ஆயுசுல இவ்ளோ சீக்கிரம் எந்திரிச்சது ரெண்டே தடவை. முதல் தடவை என் கல்யாணத்தன்னைக்கு. அது எப்படி முடிஞ்சுதுன்னு கேக்காதீங்க."

தோழிகள் சிரித்தார்கள். ஓகிதா கைக்கடிகாரத்தை நோக்கி விரலை நீட்டி, ரயில் ஓட்டிய காலத்து வழக்கப்படியே உரக்கச் சொன்னார்: "ஐந்து முப்பது! புறப்பாடு, சரி!"

கிளம்பினார்கள். தோஃபு கடையில் அடுப்பு எரிந்து, கதவிடுக்கு வழியாக வெள்ளையாக ஆவி வந்துகொண்டிருந்தது. கடைக்காரர் ஆளுக்கு ஒரு கிண்ணம் சூடான சோயாப் பால் கொடுத்தார். சின்னக் கோயிலில் ஒருவர் மணிக்கயிற்றை ஆட்டிவிட்டு, இவர்களைக் கண்டு கூச்சத்தோடு தலை குனிந்து போனார். மிசாவோ பேசினாள். குரல் முதலில் நடுங்கியது. மூன்றாவது திருப்பத்தில் நடுக்கம் நின்றுவிட்டது. ஹமாகுச்சி கொட்டாவி விடுவதை எப்போது நிறுத்தினார் என்பதை அவள் கவனித்துக்கொண்டாள். தோஃபு கடையில்.

ஆனால் இதெல்லாம் முன்னுரைதான். இந்த நடையின் உயிர் ஒரு சந்தில் இருந்தது. ஏழு வீடுகள் மட்டுமே உள்ள சந்து. கிழக்குப் பக்கம் ஒரு மரக்கதவு. மேற்குக் கோடியில் குழந்தைகளைக் காக்கும் ஜிசோ சாமி, முழங்கால் உயரக் கல். பகலும் இரவும் சமமாகிற ஹிகான் நாட்களில் மட்டும், மலைக்கு மேலே ஏறுகிற சூரியன் எதிர்த்தெரு நெடுக ஓடி வந்து, கதவு வழியாக நுழைந்து, சாமியின் முகத்தில் விழும். நான்கு நிமிடம். ஆறு பதினாலுக்குத் தொடங்கும். முன்பே மூன்று நாள் வந்து பார்த்துக் குறித்து வைத்திருந்தாள்.

அதில் கடைசி நாள் ஒத்திகையில்தான் வம்பு வந்தது. போன வியாழக்கிழமை தனியாகச் சந்தில் நின்று, ஜிசோவின் கதையைச் சத்தமாகச் சொல்லிப் பார்த்துக்கொண்டிருந்தாள். கதை பாதியில் இருக்கும்போது, கதவை ஒட்டிய முதல் வீட்டுக் கினுயோ அம்மா துடைப்பத்தோடு வெளியே வந்தார். காலையில் சந்துக் கதவைத் திறப்பது அவர் பொறுப்பு.

"காலங்காத்தால என்ன கணீர்னு இருக்கும்மா உங்க குரல்! சந்துக் கோடி வரைக்கும் கேக்குது. ரொம்ப சந்தோஷம்."

கியோத்தோவில் பிறந்தவளுக்கு இதற்கு அகராதி வேண்டாம். 'உங்க பொண்ணு பியானோ என்ன அழகா வாசிக்கிறா' என்றால் ஜன்னலைச் சாத்து என்று அர்த்தம். 'நல்ல கைக்கடிகாரம் கட்டியிருக்கீங்க' என்றால் பேச்சை முடித்துக் கிளம்பு. கணீரென்று இருக்கிறது என்றால்? மிசாவோவுக்குக் காது மடல் சிவந்தது. கதையை அப்படியே விட்டுவிட்டு, குனிந்து வணங்கி ஓடிவிட்டாள்.

அதற்குப் பரிகாரமாக இரண்டு காரியம் செய்தாள். சந்துக்குள் ஒரு வார்த்தையும் பேசுவதில்லை என்று முடிவு செய்து, கதை முழுவதையும் ஆறு அட்டைகளில் குண்டு குண்டாக எழுதினாள். அடுத்தது, இன்று காலை நாலே முக்காலுக்கே வந்து, கொக்கி மட்டும் மாட்டியிருந்த கதவைத் திறந்து, வீட்டிலிருந்து கொண்டுவந்த துடைப்பத்தால் சந்து முழுவதையும் பெருக்கினாள். அடுத்தவர் வாசலில் ஒரு சாணுக்கு மேல் துடைப்பம் போகக் கூடாது என்ற முறை அவளுக்குத் தெரியாதா? அந்த ஒரு சாணிலும் கை வைக்காமல், ஒவ்வொரு வாசற்படிக்கும் முன்னால் ஒரு சாண் அகலம் விட்டு, நடுவில் பாவிய கல்லை மட்டும் பளபளவென்று பெருக்கினாள். மரியாதை என்றால் இதுவல்லவா மரியாதை என்று அவளுக்கே தன்மேல் ஒரு திருப்தி.

"ஆறு ஆறு! வந்து சேர்ந்தாச்சு!" என்று விரலை நீட்டினார் ஓகிதா.

கதவு உள்பக்கம் தாழிட்டிருந்தது. அழகான தூரிகை எழுத்தில் ஒரு காகிதம் தொங்கியது: 'உள்ளே எங்கள் வாசல்களில் தூசி அதிகம். விருந்தினர் காலணி அழுக்காகிவிடும். மிகவும் வருந்துகிறோம்.'

மிசாவோ படித்தாள். நடுவில் பளபளக்கும் கல்லும், இரு பக்கமும் படிக்குப் படி கோடு கிழித்ததுபோல் ஒரு சாண் தூசியும் அவள் கண்முன்னே வந்தன. ஐயோ! 'உங்கள் வாசல் அழுக்கு' என்று ஏழு வீட்டுக்கும் கோலால் காட்டிவிட்டல்லவா போயிருக்கிறாள்.

"தூசிதானே? பரவாயில்ல, எங்க ஷூ எல்லாம் பழசு," என்றார் சப்போரோக்காரர் வெள்ளந்தியாக.

"அது தூசியைப் பத்தி இல்லைங்க," என்றாள் மிசாவோ மெல்ல. "இன்னைக்குக் கதவு திறக்காது. வேற வழியா..."

"எதுக்குத் திறக்காது?" என்றார் ஹமாகுச்சி.

"எங்க ஊர்ல இப்படி எழுதினா, திரும்பிப் போங்கன்னு அர்த்தம்."

"எங்க ஊர்ல இப்படி எழுதினா, பெருக்க ஆளில்லைன்னு அர்த்தம்." அவர் கதவை ஓங்கித் தட்டினார். மிசாவோவுக்கு உயிர் போய் வந்தது. "அம்மா! நான் ஒசாகாக்காரன். சுத்தி வளைச்சா எனக்கு ஏறாது. கோவமா இருக்கீங்களா, இல்லையா?"

உள்ளேயிருந்து கினுயோ அம்மா பதில் சொன்னார். தேனில் தோய்த்த குரல்: "கோவமா? அதெல்லாம் ஒண்ணுமில்லீங்க. இவ்ளோ சுத்தமானவங்க நடக்கிற மாதிரி எங்க வாசல் இல்லையேன்னு ஒரு கூச்சம், அவ்ளோதான்."

ஹமாகுச்சி மிசாவோவின் பக்கம் திரும்பினார். "இது கோவம்தானே?"

"கொள்ளைக் கோவம்."

"ஆறு ஒன்பது!"

அவர்களுக்குப் பின்னால் மலை விளிம்பு செம்பாகச் சிவந்துகொண்டிருந்தது. ஐந்து நிமிடம். கியோத்தோ முறைப்படி என்றால் நாளைக்கு ஒரு இனிப்புப் பெட்டி, மறுநாள் ஒரு கடிதம், பத்து நாள் கழித்து வானிலையைப் பற்றி ஒரு பேச்சு, அதற்குப் பிறகு மன்னிப்பு. சூரியன் அதுவரை நிற்காது. திங்கட்கிழமையும் நிற்காது. மிசாவோ கொடியை இடுப்பில் செருகிக்கொண்டு கதவில் வாயை வைத்துச் சொன்னாள்:

"அம்மா, பெருக்கினது நான்தான்! உங்க வாசலை நான் தொடக் கூடாதுன்னு ஒரு சாண் விட்டேன். அழுக்குன்னு காட்டறதுக்கு இல்லை, சத்தியமா. என் குரல் தொந்தரவா இருக்குன்னு சொன்னீங்களே, அதுக்கு மன்னிப்புக் கேக்கத்தான் பெருக்கினேன்!"

"தொந்தரவுன்னு யாரு சொன்னா?"

"நீங்கதான். கணீர்னு இருக்குன்னு..."

தாழ்ப்பாள் சடக்கென்று விலகியது. கதவிடுக்கில் கினுயோ அம்மாவின் முகம். தேன் எல்லாம் வடிந்திருந்தது.

"கணீர்னு இருந்துச்சு. கணீர்னு இருக்குன்னு சொன்னேன்!"

"அப்போ அதுக்கு..."

"அதுக்கு அதுதான் அர்த்தம்! இந்தச் சந்துக்கு வாழ வந்து முப்பத்தெட்டு வருஷம். ஒரே ஒரு தடவை மனசுல இருந்ததை அப்படியே சொன்னேன். அதையும் ஒருத்தி நம்பலை பாருங்க!"

ஹமாகுச்சி வயிற்றைப் பிடித்துக்கொண்டு சிரித்தார். "அம்மா, உங்க ஊர்ல நிஜம் சொல்றதுக்கு முன்னாடி, இது நிஜம்னு ஒரு சீட்டு எழுதி நெத்தியில ஒட்டிக்கணும்போல!"

"ஆறு பன்னிரண்டு! இன்னும் இரண்டு நிமிடம்!" ஓகிதாவின் வெள்ளைக் கையுறை மலையைக் காட்டியது.

"நின்னுக்கிட்டே இருந்தா எப்படி? ஓடுங்க!" என்று கினுயோ அம்மா கதவை இரண்டு பக்கமும் விரியத் தள்ளினார். எல்லோரும் ஓடினார்கள். கல்லூரிப் பெண்கள் முன்னால், சப்போரோ மனைவி கணவனின் சட்டைக் கையைப் பிடித்து இழுத்தபடி. கடைசியில், செருப்பு ஒன்று கழன்று, கினுயோ அம்மா.

முதலில் கதவின் நிலைக்கல் சிவந்தது. பிறகு நடுவில் பாவிய கற்கள் ஒன்றொன்றாக. வெளிச்சம் நடந்து வருவதைக் கண்ணால் பார்க்க முடிந்தது. முதல் வீட்டைத் தாண்டியது, மூன்றாவது வீட்டுச் செடித்தொட்டியைத் தாண்டியது, கடைசியில் சாமியின் சிவப்புக் கழுத்துத் துணியில் ஏறி, தேய்ந்துபோன மூக்கில் நின்றது. மிசாவோ பழக்கத்தில் அட்டைகளை எடுத்து நீட்டினாள்.

கினுயோ அம்மா ஒன்றைப் பிடுங்கினார். "இதை யாரு படிப்பா? என் கண்ணாடி உள்ள இருக்கு. வாயைத் திறந்து சொல்லு. இந்தச் சாமிக்கு நாந்தான் தினம் தண்ணி மாத்தறேன், எனக்கே தெரியாத கதை அது! பாதியில விட்டுட்டு ஓடிட்டே. ஏழு நாளா ஏழு வீடும் முடிவு என்னன்னு அடிச்சுக்கிறோம்."

சொல்லி வைத்ததுபோல் கதவுகள் சறுக்கித் திறந்தன. பல் துலக்கும் பிரஷோடு ஒருவர், ஹிகானுக்காகப் பிடித்து வைத்த இனிப்புப் பயறு உருண்டைத் தட்டோடு ஒருத்தி.

மிசாவோ சொன்னாள். நூலகத்தில் ஒரு பழைய நாட்குறிப்பில் அவள் தேடி எடுத்த கதை. சாமி முன்பு மேற்கே பார்த்துத்தான் உட்கார்ந்திருந்தார். விடியலைப் பார்க்க முடியாத சாமி பாவம் என்று பிள்ளைகள் கிழக்கே திருப்பி வைத்தார்கள். சந்துத் தலைவர் திட்டித் தீர்த்து மறுபடி மேற்கே திருப்பினார். மறுநாள் விடிந்தால் சாமி கிழக்கே. பிள்ளைகளைத் திட்டினார், திருப்பினார். மறுநாளும் கிழக்கே.

"இதுவரைக்கும் தெரியும்," என்றார் பல் துலக்கியவர், வாய் நுரையோடு. "மேல!"

"நாலாம் நாள் விடியக்காலை பிள்ளைங்க ஒளிஞ்சிருந்து பார்த்தாங்க," என்று மிசாவோ குரலை உயர்த்தினாள். அது சந்துக் கோடிக்குப் போய்த் திரும்பி வந்தது. "சாமியைக் கட்டிப்பிடிச்சு முக்கி முனகி யாரோ திருப்பறாங்க. யாரு? சந்துத் தலைவரேதான்! பிள்ளைங்க செஞ்சது சரின்னு அவர் வாயால சொல்ல முடியலை. கல்லைத் திருப்பிச் சொல்லிட்டார்."

சந்து முழுக்கச் சிரிப்பு எழுந்தது. "அசல் எங்க ஆளு!" என்றார் கினுயோ அம்மா பெருமையாக. அதற்குள் வெளிச்சம் சாமியின் தோளுக்கு நகர்ந்துவிட்டது. "ஆறு பதினெட்டு, சரி!" என்றார் ஓகிதா. அவர் கையுறை கண்ணோரத்தை ஒரு முறை துடைத்துக்கொண்டது.

உருண்டைகள் கைமாறின. மிசாவோ ஹமாகுச்சியின் பக்கம் போனாள். அவர் வாயைத் துடைத்துக்கொண்டே சொன்னார்: "யோசிச்சுச் சொல்றேன், தங்கச்சி."

யோசித்துச் சொல்கிறேன் என்றால் இல்லை என்று அர்த்தம். அதற்குக் கியோத்தோ, ஒசாகா என்ற வித்தியாசமே கிடையாது. குனிந்து நன்றி சொல்லி விலகுவதற்கு உடம்பு தானாகவே வளைந்தது. பாதி வளைந்தவள் நிமிர்ந்தாள்.

"நேராச் சொல்லுங்கய்யா. சரியா, இல்லையா?"

ஹமாகுச்சி அவளை ஆச்சரியமாகப் பார்த்தார். "சரிதான்! இதுல என்ன சந்தேகம்? ஒரு நாளைக்கு எத்தனை பேரை அனுப்பறதுன்னுதான் யோசிக்கணும். பத்துப் பேர்னா இந்தச் சந்து தாங்குமா?"

"ஆறு," என்றார் கினுயோ அம்மா, கேட்காமலே. "ஏழாவது ஆள் நான் வாசல்ல ஆசையா வளர்க்கிற பாசியை மிதிச்சிடுவான்." பிறகு மிசாவோவைப் பார்த்து, ஒவ்வொரு சொல்லாக நிறுத்திச் சொன்னார்: "இது நிஜமாவே பாசியைப் பத்தித்தான்."

சொல்லிவிட்டுத் துடைப்பத்தை எடுத்து, தன் வாசலில் மிச்சமிருந்த ஒரு சாண் தூசியைப் பெருக்கத் தொடங்கினார். பக்கத்து வீட்டுப் பக்கமும் ஒரு சாண். அதற்கு மேல் இல்லை.