நாற்பத்தொன்றாம் அடிக்குறிப்பு

பாறை சரிய இன்னும் பதினோரு விநாடி. வாணி மடிக்கணினியின் மேல் குனிந்து, மூன்று விரல்களால் விசைகளை அழுத்திக்கொண்டே சுரங்கப் பாதையில் ஓடினாள். திரையில் தலைவிளக்கின் வெளிச்சம் தள்ளாடியது. மரத் தூண்கள், கணுக்கால் அளவு தண்ணீர், சுவரோரமாக நீண்டுகொண்டே போகும் காற்றுக் குழாய். ஏழு விநாடி. ஆட்களை மேலே ஏற்றும் கேஜ் கண்ணில் பட்டதும் கூரை இறங்கியது. திரை கறுத்தது. காலையிலிருந்து பதினான்காவது முறையாகச் செத்திருந்தாள்.

மணி பன்னிரண்டே கால். பல்கலைக்கழகத்தின் இணையதளம் ஐந்து மணிக்கு மூடிவிடும். அதற்குள் திருத்திய ஆய்வேட்டை ஏற்றியாக வேண்டும். 'கீழ் ஷிஃப்ட்' என்ற அந்த வீடியோ கேமை யாரோ இலவசமாக இணையத்தில் போட்டுவிட்டு, பேர் ஊர் சொல்லாமல் போயிருந்தார்கள். சுரங்கத்திலிருந்து தப்பி மேலே வந்து, இறங்கும்போது வாங்கிய பித்தளை டோக்கனைத் திருப்பிக் கொடுத்தால்தான் செய்தவர்களின் பட்டியல் வரும். இரண்டு வருடமாக விளையாடியும் வாணி ஒருமுறைகூட மேலே வந்ததில்லை. அவளுக்கு வேண்டிய காட்சி கீழேயே இருந்ததால் அதைப் பற்றிக் கவலைப்பட்டதும் இல்லை.

போன் அடித்தது. வழிகாட்டி அமலா மேடம்.

"அந்த நாப்பத்தொண்ணாம் அடிக்குறிப்பு இன்னும் அரைகுறையா இருக்கு வாணி. புத்தகம்னா பேரும் வருஷமும் பக்கமும் போதும். இது கேம். செஞ்சது யாரு, எந்த வருஷம், எத்தனாவது பதிப்பு, எதுல ஓடுது, நீ சொல்ற காட்சி எந்தக் கட்டத்துல வருது, எல்லாம் வேணும். நாளைக்கு அவங்க ஒரு அப்டேட் போட்டா நீ பார்த்த காட்சியே இல்லாமப் போயிடும்."

"சாயங்காலத்துக்குள்ள கிடைச்சுடும் மேடம்."

"அப்புறம் அந்தத் தட்டுற சத்தம். அவங்களா உண்டாக்கினதா, எங்கயாவது பதிவு பண்ணதா? பரீட்சகர் அதுக்குத்தான் சிவப்புல கோடு போட்டிருக்காரு. பதிவுன்னா பதிவு பண்ணவர் பேர், இடம், தேதி தனியா வரணும். தெரியலன்னா நாலாம் இயலைத் தூக்கிடு."

நாலாம் இயலைத் தூக்கினால் ஆய்வேட்டில் மிஞ்சுவது அட்டைதான். தங்கச் சுரங்க ஊரான ஊரிகத்திலிருந்து விடியற்காலை ரயிலில் நின்றுகொண்டே பெங்களூருக்குப் போய் வந்த ஐந்து வருடமும் அந்த ஓர் இயலில்தான் இருந்தது.

தொண்ணூற்று நான்கில் கார்வர் ஷாஃப்ட் என்ற சுரங்கக் குழியில் நடந்த விபத்தை வைத்துச் செய்த கேம் அது. ஏழு பேர், பாறை வெடித்த அந்த நொடியிலேயே இறந்தார்கள் என்பது அறிக்கை. கேமிலோ பாறைக்கு அந்தப் பக்கமிருந்து யாரோ காற்றுக் குழாயைத் தட்டுகிறார்கள். அடைபட்டவர்களில் எத்தனை பேர் உயிரோடு இருக்கிறார்களோ அத்தனை தட்டு. முதலில் ஏழு. பிறகு ஆறு. பிறகு நாலு. அதோடு சரி. 'இந்தத் திடீர் மௌனம் படைப்பாளியின் கலையடக்கம்' என்று வாணி பன்னிரண்டு பக்கம் எழுதியிருந்தாள்.

பதினைந்தாவது முறை இறங்கினாள். போனை எடுக்க எழுந்த அவசரத்தில் ஹெட்போன் வயர் அறுந்துவிட்டதால் சத்தம் முதன்முறையாக வீட்டுக்குள் திறந்து ஒலித்தது. வாசல் நிலையில் உட்கார்ந்து சின்ன வெங்காயம் உரித்துக்கொண்டிருந்தார் அப்பா பெருமாள். சுரங்கத்தில் வேலை பார்த்து, நெஞ்சில் தூசியும் கையில் பென்ஷன் புத்தகமுமாக வெளியே வந்தவர்.

டொக், டொக், டொக். ஏழு.

அப்பாவின் கத்தி நின்றது.

"இப்ப ஆறு வரும்," என்றார், யாரிடமோ சொல்வதுபோல.

ஆறு வந்தது.

"அப்பால நாலு."

நாலு வந்தது. அதற்குள் பாறை முறியத் தொடங்கிவிட்டதால் வாணி திரும்பிப் பார்க்கவில்லை. விரல்கள் தாமாக ஓடின. எந்தத் தூணை எப்படிச் சுற்றினாளோ, கேஜ் கதவு அவள் முதுகுக்குப் பின்னால் சாத்திக்கொண்டது. மேலே வெயில். டோக்கன் ஜன்னல். அதற்குப் பின்னால் பலகையில் ஏழு கொக்கிகள் காலியாக இருந்தன. பெயர்ப் பட்டியல் இரண்டே வரி. 'ஆக்கம்: எட்மண்ட், நந்திதுர்க். குழாய்ச் சத்தம் தந்தவர் பெயர் வேண்டாம் என்றார்.' நந்திதுர்க் பக்கத்திலேயே இருக்கும் குடியிருப்பு.

"எங்கம்மா ஓடற, சாப்புட்டுப் போ," என்ற அப்பாவின் குரல் ஸ்கூட்டர் சத்தத்தில் அமுங்கியது.

தங்கம் பிரித்த கழிவு மண் குவிந்த சயனைடு மேடுகளைத் தாண்டும்போதுதான் அவளுக்கு உறைத்தது. இத்தனை நாளும் ஹெட்போனைக் காதில் மாட்டித்தான் விளையாடினாள். அந்தச் சத்தத்தை வீட்டில் அவளைத் தவிர யாரும் கேட்டதில்லை. ஆறு வரும் என்று அப்பாவுக்கு யார் சொன்னது?

வெயில் நெற்றியைச் சுட்டது. வண்டியின் வேகத்தைக் கூட்டினாள்.

எட்மண்டைக் கண்டுபிடிப்பது கஷ்டமாக இல்லை. நந்திதுர்க்கில் கம்ப்யூட்டர் எட்மண்ட் என்றால் பெட்டிக்கடைக்காரரே வழி சொன்னார். நாற்பது வயது, அரைக்கால் சட்டை, பெங்களூர் கம்பெனி ஒன்றுக்கு வீட்டிலிருந்தே வேலை.

"மேல வந்துட்டீங்களா சிஸ்டர்? எங்க மிஸஸ் மூணாவது தடவையில லேப்டாப்ப மூடிட்டு சமைக்கப் போயிட்டா. செத்தவளுக்கு இன்னா சமையல்னு கேட்டேன். அன்னிக்கு எனக்கு சோறு இல்ல."

மற்ற விவரங்களை அவன் மளமளவென்று சொன்னான். இரண்டாயிரத்து இருபத்திரண்டு. பதிப்பு பூஜ்யம் புள்ளி நாலு. விண்டோஸில் மட்டும் ஓடும். தட்டல் வருவது மூன்றாம் கட்டம். வாணி எழுதிக்கொண்டாள்.

"அந்தச் சத்தத்த எப்படி உண்டாக்கினீங்க?"

எட்மண்டின் சிரிப்பு போய்விட்டது. "அது நான் செஞ்சது இல்ல. கேசட்டு. பழைய சத்தம் எதுனா கீதா, சைரன், இன்ஜின், எதுவா இருந்தாலும் குடுங்கன்னு ஊரெல்லாம் கேட்டுகினு இருந்தேன். ஒரு பெரியவர் கொண்டாந்தாரு. வீட்ல வெச்சா பொண்ணு எடுத்துக் கேட்டுடும், நீயே வெச்சுக்கோ, ஆனா அழிச்சிடாதன்னாரு. சரியான இருமல் மனுஷனுக்கு. அத்த சொல்லி முடிக்கறதுக்குள்ள ரெண்டு தடவ உக்காந்துட்டாரு."

வாணி பேனாவை மூடினாள். "போடுங்க. முழுசா."

டேப் ரெக்கார்டரில் முதலில் வெறும் இரைச்சல். பெரிய இயந்திரம் ஒன்று பக்கத்தில் மூச்சு விடுவதுபோல. பிறகு ஏழு தட்டல். யாரோ பொத்தானை அமுக்கி நிறுத்தி, மறுபடி போட்டது கேட்டது. ஆறு. மறுபடி பொத்தான். மைக்குக்கு மிக அருகில் ஓர் இளம் தொண்டை செருமியது. இரண்டு சின்னச் செருமல், ஓர் இழுப்பு. தினமும் காலையில் அவளை எழுப்பும் செருமல் அது. முப்பது வருடம் குறைந்திருந்தது, அவ்வளவுதான்.

நாலு தட்டல். அப்புறம் இயந்திரத்தின் மூச்சு மட்டும்.

"இதுக்கு மேல வெட்டிட்டீங்களா?"

"நான் கத்திரியே வெக்கல சிஸ்டர். கடைசி வரைக்கும் இப்படித்தான் ஓடுது."

வீடு திரும்பியபோது மூன்றரை. அப்பா மேசையருகே உட்கார்ந்திருந்தார், அவளுக்காகவே காத்திருந்ததுபோல. முன்னால் சோறு மூடி வைத்திருந்தது. வாணி அதைத் தொடவில்லை.

"மேல மிஷின்லதான் வேலை பார்த்தேன், விபத்து பத்தி எனக்கு ஒண்ணும் தெரியாதுன்னு சொன்னீங்களேப்பா. ஆய்வுக்காக உங்களத்தான் மொதல்ல கேட்டேன்."

"மேலதான் இருந்தேன். கம்ப்ரஸர் ஹவுஸ். கீழ காத்து அனுப்பற மிஷினு. வேலைல சேந்து அப்ப நாலு மாசம்." நிறுத்தி மூச்சு வாங்கினார். "அஞ்சாந்தேதி பாறை வெடிச்சுது. யாரும் இல்லன்னு ஆயிப்போச்சு. எட்டாந்தேதி மத்தியானம் பைப்புல சத்தம். சூடா காத்து போற பைப்பு, ஆறும்போது தானாத் தட்டும்மா. அது எல்லாருக்கும் தெரியும். ஃபிட்டர் வால்டரைக் கூப்ட்டேன், வர நேரமில்லன்னான். சரி, சத்தத்தைப் புடிச்சு வெச்சா அப்பால போட்டுக் காட்டலாம்னு, பாட்டு கேக்கறதுக்கு வெச்சிருந்த டேப்ப பைப்புகிட்ட வெச்சேன்."

"எண்ணிப் பார்க்கலையா நீங்க?"

"எண்ணணும்னு மேல இருக்கறவனுக்குத் தெரியாதே. எத்தன உசுரோ அத்தன தட்டு, அது கீழ போறவங்களுக்குள்ள இருந்த பழக்கம். ரெண்டு வருஷம் கழிச்சு ஒருத்தன் டீ குடிச்சிகினே பேச்சுவாக்குல சொன்னான். வீட்டுக்கு வந்து கேசட்டப் போட்டேன்."

எட்டாம் தேதி. மூன்று நாள். வாணி எழுந்து ஜன்னலைப் பார்த்தாள். மூன்று வீடு தள்ளி, பாப்பம்மா கொடியில் துணி உலர்த்திக்கொண்டிருந்தாள். ஏழு பேரில் ஒருவரின் மனைவி. 'எங்க வூட்டுக்காரருக்கு வலியே தெரியல, கண்ண மூடறதுக்குள்ள முடிஞ்சுபோச்சாம்' என்பதை முப்பது வருடமாகச் சொல்லித்தான் அவள் தூங்கியிருக்கிறாள். நேற்றுகூட கறிவேப்பிலை கேட்டு வந்து, அப்பாவோடு பேசிச் சிரித்துவிட்டுப் போனாள்.

மணி நாலு நாற்பது. வாணி உட்கார்ந்து அடிக்குறிப்பைத் திறந்தாள். ஆக்கியவர், ஆண்டு, பதிப்பு, தளம், கட்டம். எல்லாம் வரிசையாக ஏறின. கடைசியில், 'குழாய்ச் சத்தம்: எட்மண்ட் உருவாக்கியது' என்று தட்டினாள். ஒரே வரி. இதைப் பரீட்சகர் ஏற்றுக்கொள்வார். இயல் நிற்கும், அப்பாவும் இந்தத் தெருவில் தலைநிமிர்ந்து நடப்பார்.

அப்பா கண்ணாடியை மாட்டிக்கொண்டு திரையருகே வந்தார். உதடுகள் எழுத்துக்கூட்டின.

"அந்தப் பையன் ஏன் இதுல மாட்டணும்?" என்றார். "அழிக்கறது எதும்மா?"

அவரே விசைப்பலகையில் தேடி, அவள் விரல் அடிக்கடி போகும் பொத்தானைக் கண்டுபிடித்து, எட்மண்டின் பெயரை எழுத்தெழுத்தாக விழுங்கவைத்தார். பிறகு ஒற்றை விரலால் தன் பெயரைத் தேட ஆரம்பித்தார். ஒவ்வோர் எழுத்துக்கும் அவர் விரல் பலகை முழுக்க அலைந்து இறங்கியது. நாலு நாற்பத்தெட்டுக்குப் பெயர் முழுசாக நின்றது.

"இடம்?" என்றாள் வாணி.

"கார்வர் ஷாஃப்ட், கம்ப்ரஸர் ஹவுஸ். எட்டாந்தேதி."

அவள் தட்டினாள். அனுப்பும் பொத்தானுக்கு மேல் அம்புக்குறி நின்றது. பன்னிரண்டு பக்கம் எழுதிய மௌனம் அவளை விடவில்லை.

"நாலுக்கு அப்புறம் டேப்புல ஒண்ணுமே இல்லப்பா. அதோட அவங்க..."

"இருந்தாங்க."

தெருவில் பாப்பம்மா யாரையோ கூப்பிட்டுப் பேசும் சத்தம் கேட்டது. அப்பா கண்ணாடியைக் கழற்றினார்.

"வால்டரு மறுபடி போன்ல வந்தான். அந்தப் பக்கம்தான் யாரும் இல்லியே, அங்க போற காத்த எதுக்குத் தெறந்து வெச்சிருக்க, வால்வ மூடு, சத்தம் தானா நின்னுடும்னான்."

அவருடைய வலது கை மேசைக்கு மேல் எழுந்து, இல்லாத ஒரு சக்கரத்தைப் பிடித்து, மூன்று சுற்று நிதானமாகத் திரும்பியது.

"நின்னுச்சு," என்றார்.