ஐந்து நிமிஷக் கொடி

மேஜர் பாவாடையை மணலூர்பேட்டைப் பக்கம் தெரியாதவர் கிடையாது. பதினெட்டு வயதில் சிப்பாயாகப் போய், அங்கேயே படித்துத் தேறி அதிகாரியானவர். எழுபத்தொன்று பாகிஸ்தான் சண்டையில், அடிபட்டுக் கிடந்த இரண்டு பேரைக் குண்டுகளுக்கு நடுவே இழுத்து வந்து வீர் சக்ரா வாங்கியவர். ஆனால் ஊர் பேசியது பதக்கத்தைப் பற்றி அல்ல, அவருடைய ரூலைப் பற்றித்தான். லீவில் வந்திருக்கும்போது யாராவது தேர்தல் பேச்சை எடுத்தால் எழுந்து போய்விடுவார். பட்டாளத்தான் அரசியல் பேசக் கூடாதாம். பஞ்சாயத்துத் தேர்தலில் நின்ற சொந்த மாமனுக்கே ஒரு வார்த்தை சொல்லாத மகராசன்!

எண்பத்தேழு செப்டம்பரில் அம்மாவின் காரியத்துக்கு வந்திருந்தார். பதினாறாம் நாள் முடிந்த கையோடு தந்தி வந்தது. பட்டாலியன் இலங்கைக்குப் புறப்படுகிறது, சனிக்கிழமை மாலை மதராஸ் துறைமுகத்தில் கப்பல். அவருடைய கம்பெனியில் பாதிப் பேர் சண்டையைக் கண்ணால் பார்க்காத பிள்ளைகள். அவர்களைத் தனியே அனுப்ப அவருக்கு மனசில்லை.

அந்த வாரம்தான் இடஒதுக்கீடு கேட்டு அவர்களுடைய சாதிச் சங்கம் நடத்திய சாலை மறியல். திருக்கோவிலூர் ரோட்டில் புளியமரங்களை வெட்டிச் சாய்த்திருந்தார்கள். பஸ் இல்லை, ரயிலும் இல்லை. வெள்ளிக்கிழமை விடிந்ததும் பெட்டியோடு கிளம்பியவரை முதல் மரத்திலேயே மறித்தது வேறு யாருமில்லை, கூடப்பிறந்த தம்பி சுப்புராயன்தான்.

"ண்ணா, நடந்து போயி எப்ப சேருவ? புல்லட்டுல நம்ம கொடிய கட்டிகினு போனா மதராஸ் வரைக்கும் எவனும் கை காட்ட மாட்டான். நானே வுட்டுட்டு வரேன்."

"அப்ப வண்டிய எடு."

"மொதல்ல இந்தக் கொடிய புடிச்சிகினு எங்களோட அஞ்சு நிமிஷம் நில்லு. மெடல் வாங்குன ஆபீசரே நம்ம பக்கம்னா பசங்களுக்குத் தெம்பா இருக்கும். உன் புள்ளைங்களுக்கும் சேத்துத்தான கேக்கறோம்?"

கேட்பது நியாயம் என்றுதான் அவருக்கும் பட்டது. தன்னோடு படித்தவர்களில் எத்தனை பேர் எட்டாவதைத் தாண்டினார்கள் என்பது அவருக்குத் தெரியாதா? ஆனாலும், "சர்வீஸ்ல இருக்கறவன் கொடி புடிக்கக் கூடாதுடா" என்றார்.

"இங்க யாருண்ணா பாக்கப் போறா?"

"நான் பாக்கறேன் இல்ல?"

தம்பிக்கு ரோஷம் வந்துவிட்டது. "அப்ப நடந்தே போ" என்று முகத்தைத் திருப்பிக்கொண்டான். தான் ஆடாவிட்டாலும் தன் சதை ஆடும் என்பார்கள். அன்றைக்கு இரண்டுமே ஆடவில்லை.

மரம் மரமாகத் தாண்டி விழுப்புரம் வரை நடந்து, அதற்கப்புறம் பால் லாரியில் தொற்றி, ஞாயிறு காலையில் துறைமுகம் சேர்ந்தார். கப்பல் போய்விட்டிருந்தது. கம்பெனியைக் கூட்டிப் போனவன் கேப்டன் லாரன்ஸ். கள்ளக்குறிச்சிப் பையன், இருபத்தாறு வயது.

அடுத்த கப்பல் கிடைக்க மூன்று வாரம் ஆயிற்று. பாவாடை போய் இறங்கியதற்கு முந்தின நாள் லாரன்ஸ் செத்துப்போயிருந்தான். கூட ஒன்பது பேர். குறுகலான சந்துக்குள் கம்பெனியை ஒரே வரிசையாக நடத்திப் போயிருக்கிறான். ஒரு சண்டை பார்த்தவன்கூடச் செய்யாத தப்பு.

சாலை மறியல்தான் காரணம், அதிகாரி மேல் தவறில்லை என்று மேலிடம் எழுதி முடித்துவிட்டது. ஊரில் சுப்புராயனோ, "அந்தப் புளியமரந்தான் எங்கண்ணன் உசுரக் காப்பாத்துச்சு" என்று பார்த்தவர்களிடமெல்லாம் சொல்லிக்கொண்டு திரிந்தான்.

மறு வருஷ லீவில் பாவாடை கள்ளக்குறிச்சிக்குப் போனார். லாரன்ஸின் அம்மா அமலோற்பவம் நாற்காலி போட்டு டீ கொடுத்தார்.

"ரோடெல்லாம் மரத்த வெட்டிப் போட்டுட்டா நீங்க இன்னா சார் பண்ணுவீங்க? மனசப் போட்டு ஒழப்பிக்காதீங்க" என்று அவருக்கே ஆறுதல் சொன்னார்.

அதைத்தான் அவரால் தாங்க முடியவில்லை. யாரிடமும் சொல்லாததை அந்த அம்மாளிடம் சொன்னார். தம்பி கேட்டதையும், தான் மறுத்ததையும், அந்த ஐந்து நிமிஷத்தையும் ஒன்று விடாமல் சொன்னார்.

அமலோற்பவம் முழுக்கக் கேட்டார். கோபப்படவில்லை. டம்ளரை எடுத்துக்கொண்டு உள்ளே போகத் திரும்பியவர் நின்று அவரைப் பார்த்தார்.

"புடிச்சிருக்கலாமே சார்" என்றார்.