வெட்டுக்குப் பக்கத்துக் கையெழுத்து

தகப்பனின் கால் பெருவிரல்களைச் சேர்த்துக் கட்டியிருந்த வெள்ளைத் துணி நெகிழ்ந்துவிட்டது. சிவரூபி குனிந்து அதை இறுக்கிக்கொண்டிருந்தபோதுதான் முரசுமோட்டை வயல்களுக்கு அப்பாலிருந்து ஒலிபெருக்கிச் சத்தம் வந்தது.

"…ஓய்வுபெற்ற வங்கி முகாமையாளர் வீரகத்தி நடராசா நேற்றுக் காலமானார். அன்னார் கமலாட்சியின் அன்புக் கணவரும், ஜனார்த்தனன், சிவரூபி ஆகியோரின் பாசமிகு தந்தையும்…"

அவள் கை அப்படியே நின்றுவிட்டது. அவள் எழுதிக் கொடுத்தது அதுவல்ல. 'காலஞ்சென்ற ஜனார்த்தனன்' என்றுதான் எழுதியிருந்தாள். மரண அறிவித்தலில் உறவுகளெல்லாம் வரிசையாக வரும். முன்னரே போய்ச் சேர்ந்தவர்களின் பெயருக்கு முன்னால் அந்தச் சொல் நிற்கும். தமையனின் பெயருக்கு முன்னால் அதை எழுத நேற்று மத்தியானம் அவளுக்கு ஒரு மணித்தியாலம் பிடித்தது.

வீரகத்தியர் குடும்பம் என்றால் யாழ்ப்பாணத்தில் தெரியாதவர்கள் குறைவு. அரிசி ஆலை, கோயில் தருமகர்த்தா பதவி, பாட்டனார் பெயரில் ஒரு பள்ளிக்கூடம். அந்த வீட்டில் பிறந்த மனுசன் பாங்கு வேலையாகக் கிளிநொச்சிக்கு வந்து, வந்த இடத்திலேயே வேர்விட்டுவிட்டார். குடும்பத்துக்கு இங்கே இருந்த வயலைத் துண்டு துண்டாகப் பிரித்து, கலவரத்துக்குத் தப்பி மலையகத்திலிருந்து ஓடிவந்த முப்பத்திரண்டு குடும்பங்களுக்குக் கொடுத்தார். துணுக்காய்ப் பக்கம் கிணறுகள் வெட்டுவித்தார். செட்டிகுளத்து அகதி முகாமில், சொந்தப் பிள்ளையைக் காணாமல் தவித்த நேரத்திலும், தகரப் பெட்டியொன்றை மேசையாக்கி ஊராருக்குப் படிவம் நிரப்பிக் கொடுத்தார்.

ஊருக்கெல்லாம் அள்ளிக் கொடுத்தவர் வீட்டில் ஒன்றை மட்டும் விட்டுக்கொடுக்கவில்லை. கடைசிச் சண்டையில் தண்ணீர் எடுக்கப் போய்த் திரும்பாத மகன் செத்துவிட்டான் என்று எந்தக் கடதாசியிலும் ஒப்பமிட மறுத்துவிட்டார். "அத்தாட்சி இல்லாமல் என்ரை பிள்ளையை முடிக்கச் சொல்லுறியளோ?" என்பார். திதியும் இல்லை, ஒரு படத்துக்கு மாலையும் இல்லை. சிவரூபிக்கு வந்த சம்பந்தங்களும் 'தமையன் வரட்டும்' என்று தள்ளித் தள்ளியே போய்விட்டன. இப்போது அவளுக்கு முப்பத்தெட்டு. அவள் களைத்துப் போயிருந்தாள். தகப்பனின் பிடிவாதத்தை அவள் வெறுத்தாள் என்று சொன்னாலும் பிழையில்லை.

அதனால்தான் நேற்றுப் பின்னேரம் சித்தப்பா தயாபரன் பேச்செடுத்தபோது அவள் மறுக்கவில்லை.

"பிள்ளை, உயிரோட இருக்கிற மூத்தவன்தான் கொள்ளி வைக்க வேணும். அவன் இல்லையெண்டு ஒரு முடிவுக்கு வந்தால் என்ரை மகன் மதுசன் வைப்பான். குருக்களும் சொல்லுறார், தர்ப்பையில உருவம் செய்து கொப்பரோட சேர்த்து எரிச்சால் ஜனாவின்ரை காரியமும் முடிஞ்சிடும் எண்டு. நீயும் இனி உன்ரை வாழ்க்கையைப் பார்."

"ஓம் சித்தப்பா. செய்யுங்கோ."

ஒரு முழ நீளத்தில் தர்ப்பையை மடித்துக் கட்டி, தலையும் கையும் காலும் வைத்து, குருக்கள் செய்த உருவம் இப்போது தகப்பனின் இடப்பக்கத்தில், பட்டு வேட்டியின் ஓரத்தில் கிடந்தது.

அறிவித்தல் வாகனம் படலையடியில் வந்து நின்றதும் சிவரூபி ஓடினாள். ஒலிவாங்கி பிடிக்கும் நிஷாந்தன் அவளைக் கண்டு இறங்கினான்.

"தம்பி, நான் எழுதினதை ஏன் மாத்தி வாசிச்சனீர்?"

"நான் ஒண்டும் மாத்தேல்லை அக்கா. இதில இருக்கிறபடிதான் வாசிச்சனான். வடிவாப் பாருங்கோ."

அவன் நீட்டிய கடதாசியில் அவளுடைய நீல எழுத்துத்தான். 'காலஞ்சென்ற' என்ற சொல்லின் மேல் மட்டும், அடிமட்டம் வைத்து இழுத்ததுபோல, ஒரே ஒரு பச்சைக்கோடு. கோட்டுக்குப் பக்கத்தில் சின்னதாக 'வீ.ந.'

கடதாசி இரவு முழுவதும் பிரேதத்தின் தலைமாட்டு மேசையில் இருந்தது. விடியத்தான் நிஷாந்தன் எடுத்துக்கொண்டு போனான்.

பந்தற்காலடியில் வீரையா குந்தியிருந்தார். காணி கிடைத்த முப்பத்திரண்டு பேரில் முதலாமவர். எழுத வாசிக்கத் தெரியாதவர்; ஆனால் அந்தக் கையெழுத்து அவருக்கு மனப்பாடம். கடதாசியை அவள் நீட்டியதும் இரண்டு கைகளாலும் வாங்கினார்.

"இது ஐயா போட்டதும்மா. எங்க காணிப் படிவத்துல பேர் பிழைச்சப்போ, வெட்டிட்டுப் பக்கத்துல இப்படித்தான் போட்டார். 'கையெழுத்து இல்லாத வெட்டு செல்லாது வீரையா'ன்னார். எப்போ போட்டதும்மா இது?"

சிவரூபி கடதாசியை வாங்கி மடித்தாள். உள்ளே போனாள். பாரிசவாதத்தில் வலக்கை விழுந்துபோன அம்மா அறைக்கட்டிலில் கிடந்தார்.

"அம்மா, ஆரும் இரவு மண்டபத்துக்கை வந்தவையே? இந்தக் கடதாசியைத் தொட்டவையே?"

"எனக்கென்ன தெரியும்? கொப்பர் நடக்கிற சத்தம்தான் கேட்டது."

"அப்பா செத்திட்டாரம்மா."

"அது தெரியும். சத்தம் கேட்டதைச் சொன்னனான்."

சிவரூபி, பிரேதம் கிடந்த மண்டபத்துக்குத் திரும்பி வந்து தகப்பனைப் பார்த்தாள். வாழ்நாள் முழுவதும் பாவித்த பேனையைச் சித்தப்பா நேற்று அவருடைய சட்டைப் பையில் செருகிவிட்டிருந்தார். பையின் அடியில், வெள்ளைச் சட்டையில், ஒரு ரூபாய் நாணயக் குற்றியளவு பச்சை மை ஊறியிருந்தது. அவளே கைபடத் தேய்த்து மடித்த சட்டை அது. பழைய பேனை, ஒழுகியிருக்கும் என்று தனக்குத்தானே சொல்லிக்கொண்டாள். ஒழுகின பேனை நேர்கோடு போடுமா என்று கேட்க அங்கே ஆளில்லை.

இரண்டு மணிக்குப் பறை உரத்தது. பெட்டி மூட ஆயத்தமானார்கள். குருக்கள் தண்ணீரும் எள்ளும் கையில் எடுத்துக்கொண்டு சிவரூபியைப் பார்த்தார்.

"பிள்ளை, அண்ணாவின்ரை பேரையும் சேர்த்துச் சொல்லட்டோ? நீங்கள் சொன்னால்தான் சொல்லலாம்."

ஆம் என்று ஒரு சொல். அத்தோடு பதினாறு வருசக் காத்திருப்பு முடிந்துவிடும். அந்தச் சொல் அவள் நாக்குவரை வந்து நின்றது. பக்கத்தில் மனுசர் இருக்க, பெட்டிக்குள்ளிருந்து யாரோ தன் வாயையே பார்த்துக்கொண்டிருப்பதுபோல் இருந்தது.

அவள் குனிந்து தர்ப்பை உருவத்தை வெளியே எடுத்தாள். தகப்பனின் கை குளிர்ந்து விறைத்திருந்தது. அந்தக் கையோடு இரவெல்லாம் கிடந்த புல்லோ இளஞ்சூடாக இருந்தது.

"வேண்டாம் ஐயா. அண்ணா செத்திட்டாரெண்டு நான் சொல்ல மாட்டன்."

"அப்ப கொள்ளி?" என்றார் சித்தப்பா.

"மதுசன் வைக்கட்டும். அண்ணாவுக்குப் பதிலா எண்டு சொல்லி வைக்கட்டும்."

"கொப்பரின்ரை விசர் உனக்கும் பிடிச்சிட்டுதோ? ஆரடி இனிக் காத்திருக்கிறது?"

"நான்தான்."

பயத்தில் எடுத்தாளா, பாசத்தில் எடுத்தாளா என்று அவளுக்கே தெரியாது. தகப்பன் சுமந்ததைத் தன் தலையில் வாங்கிக்கொண்டாள் என்பது மட்டும் நன்றாகத் தெரிந்தது. அவள் அழுதாள், தகப்பனுக்காகத்தான் அழுகிறாள் என்று எல்லோரும் நினைத்தார்கள்.

பெண்கள் படலையோடு நின்றுவிட்டார்கள். பாடை வயல் வரம்பால் போய், வாய்க்காலைக் கடந்து, கண்ணுக்கு மறைந்தது. வீடு கழுவ வாளிகள் வந்தன. சிவரூபி உருவத்தைக் கையில் வைத்துக்கொண்டு நின்றாள். இனி அதை எரிக்கவும் முடியாது, எறியவும் முடியாது. குசினிக்குப் போய் அடுப்பைப் பார்த்துத் திரும்பினாள். அலுமாரியைத் திறந்து பார்த்து மூடினாள். கடைசியில் அம்மாவின் அறை வாசலுக்கு வந்தாள்.

அம்மா அவள் கையில் இருந்ததைப் பார்த்தார். இடக்கையைக் கட்டிலில் ஊன்றி, சுவர்ப் பக்கமாகக் கொஞ்சம் கொஞ்சமாக நகர்ந்து படுத்து, பக்கத்தில் அதற்கு இடம் விட்டார்.