வண்டிக்கு ஒரு பொழுது

என் கணவர் சிதம்பரநாதனுக்குத் தெரியாத வேலை என்று உலகத்தில் எதுவும் கிடையாது. செய்ய வருகிற வேலைதான் ஒன்றும் கிடையாது. பினாங்கு வீதியில் வட்டிக் கடைப் பெட்டியடியில் உட்கார்ந்திருக்கிறவரைக்கும் அது யாருக்கும் தெரியாது. வீட்டுக்கு வந்து வேட்டியை மடித்துக் கட்டினால்தான் வினை.

அவருக்கு ஓர் அண்ணன், வயிரவன். நாங்கள் எல்லாரும் பெரியவர் என்றுதான் சொல்லுவோம். பஞ்சாங்கத்தைக் கேட்காமல் தும்மக்கூட மாட்டார். அவருடைய மனைவி தேவகோட்டையிலேயே இருந்துகொண்டாள். புண்ணியவதி. நான்தான் புத்தி கெட்டுப்போய்க் கப்பலேறி வந்து, தஞ்சோங் பூங்காவில் கடலோரத்து வீட்டில் இரண்டு பேருக்குமாகச் சேர்த்து வடித்துக் கொட்டிக்கொண்டிருந்தேன். பெரியவருடன் நான் நேருக்கு நேர் பேசியது கிடையாது. கதவுக்குப் பின்னால் நின்று என் கணவரிடம் சொல்லுவேன். காது கேட்கிற தூரத்தில் இருந்தாலும் அவர் தம்பி வாயால் கேட்ட பிறகுதான் பதில் சொல்லுவார்.

எங்களிடம் ஒரு கார் இருந்தது. ஊருக்குப் போன வெள்ளைக்காரத் தோட்டத்துரை ஒருவன் தலைமுழுகிவிட்டுப் போன பழசு. துணிக்கூரையில் இரண்டு இடத்தில் ஒட்டுப் போட்டிருக்கும். வாங்கிய அன்றே பெரியவர் அதற்குச் சந்தனம் பூசி, குங்குமம் வைத்து, தேங்காய் உடைத்து, வேலன் என்று பெயரும் சூட்டிவிட்டார். அன்றுமுதல் அது இந்த வீட்டு ஆண்பிள்ளைகளில் ஒருவனாகிவிட்டது. எனக்கு இருந்ததைவிட அதற்கு மரியாதை அதிகம்.

காரை ஓட்டுகிற இப்ராஹிம் ஜெலுத்தோங்கில் தன் தங்கை கல்யாணத்துக்காக லீவு கேட்டான். போகும்போது சொல்லிவிட்டுத்தான் போனான்.

"எஞ்சின் எண்ணெய் கறுத்துப் போச்சு மொதலாளி. புது டின் வாங்கி வச்சிருக்கேன். திங்கக்கெழம வந்து நான் மாத்திர்றேன். அது வரைக்கும் ஓடும் லா, ஒண்ணும் ஆவாது."

அதோடு விட்டிருக்கலாம். ஆனால் ஞாயிற்றுக்கிழமை எனக்கு அந்தக் கார் வேண்டியிருந்தது. அதனால்தான் வந்தது எல்லாமே.

என் தங்கை முத்தம்மை கிள்ளானில் இருந்தாள். எங்கள் வழக்கத்தில் அக்காளைத்தான் ஆச்சி என்போம்; அவளும் என்னை அப்படித்தான் கூப்பிடுவாள். ரப்பர் விலை விழுந்ததில் அவள் வீட்டுக்காரர் கடையைக் கட்டிவிட்டார். இனிமேல் அக்கரை வாடையே வேண்டாம் என்று குடும்பத்தோடு ஊருக்குக் கிளம்பிவிட்டார்கள். ஞாயிற்றுக்கிழமை காலையில் அவர்களுடைய கப்பல் பினாங்கில் நிற்கும், மதியம் கிளம்பிவிடும். அவளுக்குக் கல்யாணமான பிறகு நான் அவள் முகத்தைப் பார்த்ததே இல்லை. கிள்ளானுக்கும் பினாங்குக்கும் ரயில் ஓடுகிறது, ஓடாமல் இல்லை. ஆனால் என்னைக் கூட்டிக்கொண்டு போவதற்கு ஓர் ஆண்பிள்ளைக்கு ஒழிவு வரவேண்டும், பஞ்சாங்கத்துக்கும் மனசு வரவேண்டும். இரண்டும் ஒரே நாளில் வரவே இல்லை.

வெள்ளிக்கிழமையே மணகோலமும் சீப்புச் சீடையும் சுட்டு ஒரு பெரிய டின்னில் அடைத்து வைத்தேன். அவளுக்கு மணகோலம் என்றால் உயிர்.

"தங்கச்சியைப் பாக்கக் கறுத்த எண்ணெயோடயா போறது? நானே மாத்திர்றேன். இதுக்கெல்லாம் ஒரு ஆளா?" என்றார் என் கணவர்.

உடனே மாற்றினாரா? மாற்றவில்லை. என்றைக்கு மாற்றுவது என்று அண்ணனும் தம்பியும் ஆலோசனை செய்தார்கள். வெள்ளிக்கிழமை பெண்கள் எண்ணெய் தேய்த்துக்கொள்ளும் நாள். சனிக்கிழமை ஆண்களுக்கு. வேலன் ஆண். ஆகவே சனிக்கிழமை. இதை முடிவு செய்வதற்குள் இரண்டு பேருக்கும் இரண்டு முறை காப்பி கலந்து கொடுத்தேன். எண்ணெய் மாற்றுவது என்றால் காருக்கு எண்ணெய்க் குளியல் என்றே அவர்கள் நினைத்துவிட்டார்கள் என்பது அப்போது எனக்கு உறைக்கவில்லை. வழக்கமான கிறுக்கு என்று விட்டுவிட்டேன்.

சனிக்கிழமை கடையிலிருந்து சீக்கிரம் வந்து, பழைய எண்ணெயைப் பிடிக்க ஏனம் தேடினார். கொல்லையில் ஓட்டை வாளி கிடக்கிறது, மண்ணெண்ணெய் டின் கிடக்கிறது. அதெல்லாம் கண்ணில் படுமா? நான் மணகோலம் கலந்துவிட்டுக் கழுவிக் கவிழ்த்து வைத்திருந்த பித்தளை அண்டாதான் பட்டது. என் ஆத்தா சீராகக் கொடுத்த அண்டா. நான் பார்ப்பதற்குள் அது காருக்கு அடியில் போய்விட்டது.

பிறகு இவரும் அடியில் போனார், வெள்ளை வேட்டியோடு. ஸ்பானரை வைத்து முக்கினார், முனகினார். திருகு மூடி கழன்றது. எண்ணெய் அண்டாவில் விழுவதற்கு முன்னால் இவருடைய முழங்கையில் விழுந்து, அக்குள் வரைக்கும் போய், வேட்டியில் இறங்கியது. வெளியே வந்தபோது அடுப்புக்கரியில் புரண்ட பூனைபோல இருந்தார். முகத்தில் மட்டும் மலையைப் பிளந்த பெருமை. எண்ணெய் முழுக்க வடிந்தது. மூடியைத் திரும்ப இறுக்கினார். அதையாவது செய்தாரே என்று நினைத்தேன்.

புது டின்னைத் திறக்கப் போன சமயத்தில் பெரியவர் பஞ்சாங்கத்தோடு வாசலுக்கு வந்தார்.

"தம்பி, நிறுத்து. அமாவாசை பொறந்திருச்சு."

"அண்ணே, பாதி வேலதான் ஆயிருக்கு."

"அமாவாசையில எவனாவது எண்ணெய் வைப்பானா? பேர் வச்சு, பொட்டு வச்சுருக்கோம். நாளைக்கு மதியத்துக்கு மேல அமாவாசை போயிரும். அப்ப ஊத்து."

என் கணவர் டின்னைக் கீழே வைத்துவிட்டார். வைத்தே விட்டார்! கதவுக்குப் பின்னாலிருந்து கூப்பிட்டேன்.

"என்னங்க, நாளைக்குக் காலையில கப்பலுக்குப் போகணுமே. எண்ணெய் இல்லாம வண்டி எப்படிப் போகும்?"

அவர் அண்ணனைப் பார்த்தார். அண்ணன் வானத்தைப் பார்த்தார். பிறகு இரண்டு பேருடைய முகத்திலும் ஒரே நேரத்தில் ஞானம் பிறந்தது.

"அமாவாசைக்கு நாமளே ஒரு பொழுது இருக்கோம். வண்டி ஒரு வேள பட்டினி கெடந்தா என்ன? உள்ள பழைய எண்ணெய் ஒட்டிக்கிட்டுத்தான் இருக்கும்" என்றார் என் கணவர்.

"கடலத் தாண்டியா போறோம்? டவுனுக்குத்தானே" என்றார் பெரியவர்.

"தலைக்கு எண்ணெய் வைக்கலைன்னா யாரும் சாகப்போறதில்ல. விளக்குல எண்ணெய் இல்லைன்னா திரி கருகிப் போகாதா? இது தலையா, விளக்கான்னு கொஞ்சம் யோசிச்சுப் பாருங்க" என்றேன்.

"பொம்பளைங்களுக்கு எஞ்சின் தெரியாது" என்று என் கணவர் கையைக் கழுவப் போய்விட்டார்.

உண்மைதான், எனக்கு எஞ்சின் தெரியாது. தெரிந்திருந்தால் அந்த டின்னை நானே கவிழ்த்திருப்பேன். எந்த வாயில் ஊற்றுவது என்று தெரியவில்லையே! இவர்களுடைய மடத்தனத்துக்கும் என் தங்கைக்கும் நடுவே ஒரு டின் எண்ணெய்தான் இருந்தது. அதைப் பார்த்துக்கொண்டு நின்றேன். என்மேலேயே எனக்கு ஆத்திரம் வந்தது.

ஞாயிற்றுக்கிழமை காலையில் கிளம்பினோம். கோயிலுக்குப் போவதற்காகப் பெரியவரும் முன்னால் ஏறிக்கொண்டார். பின்னால் நானும் பலகார டின்னும். எண்ணெய் அழுத்தம் காட்டுகிற சின்ன ஊசி ஒன்று காரில் உண்டு. இப்ராஹிம் ஓட்டும்போது அது நிமிர்ந்து நிற்கும். அன்றைக்கு அடியோடு படுத்துக் கிடந்தது.

"பாத்தீகளாண்ணே? எஞ்சின் இன்னிக்கு எவ்வளவு சாந்தமா இருக்கு" என்றார் என் கணவர்.

"விரதம் இருந்தா அப்படித்தான்" என்றார் பெரியவர்.

தஞ்சோங் தொக்கோங் தாண்டியதும் உள்ளே யாரோ கொல்லன் குடியேறியதுபோலத் தட்டல் கேட்டது. பிறகு தீய்ந்த வாடை. நான் சொன்னேன். பக்கத்து மலாய்க் கிராமத்தில் குப்பை கொளுத்துகிறார்கள் என்றார்கள். புலாவ் திக்குஸ் சந்தைக்குக் கொஞ்சம் இந்தப் பக்கம், கிறீச்சென்று ஒரு சத்தம். கார் நடுரோட்டில் ஆணியடித்தாற்போல நின்றது. அதோடு சரி.

எஞ்சின் மூடியைத் தூக்கித் திறந்தார்கள். புகை வந்தது. சந்தைக்கு வந்த சீனர்களும் மலாய்க்காரர்களும் சுற்றி நின்று வேடிக்கை பார்த்தார்கள். எண்ணெய் இல்லாமல் ஓட்டினோம் என்று இரண்டு பேரும் வாய் திறக்கவில்லை. பெரியவர் எனக்குக் கேட்கும்படியாகத் தம்பியிடம் சொன்னார்.

"அமாவாசையன்னிக்குப் பொம்பளைய ஏத்திக்கிட்டுக் கெளம்பினா இப்படித்தான்."

என் கணவர் தலையை ஆட்டினார். அவர் ஆட்டியதைத்தான் என்னால் பொறுக்க முடியவில்லை. அண்ணன் பேசியதை மறந்தாலும் மறப்பேன், அதை மறக்க மாட்டேன்.

வெயில் ஏறிக்கொண்டிருந்தது. ரிக்‌ஷா ஒன்றும் காலியாக வரவில்லை. "கடைக்கு ஆள் அனுப்பி வேற கார் வரச்சொல்றேன், நீ உள்ளயே உக்காரு" என்றார் என் கணவர். கடைக்கு ஆள் போய், அங்கிருந்து கார் வருவதற்குள் என் தங்கை நடுக்கடலில் இருப்பாள்.

அந்த நேரத்தில் டவுனுக்குப் போகிற பஸ் ஒன்று, வழியை அடைத்துக்கொண்டு நின்ற எங்கள் காருக்குப் பின்னால் வந்து நின்று ஹாரன் அடித்தது. கூடையும் கோழியுமாக உள்ளே நெரிசல். எங்கள் பின்வாசலுக்கு மீன் கொண்டுவருகிற மலாய்க்காரி ரொஸ்னா அதில் உட்கார்ந்திருந்தாள். என்னைப் பார்த்ததும் தன் கூடையை மடிமேல் எடுத்து வைத்துக்கொண்டு, பக்கத்து இடத்தைத் தட்டிக் காட்டினாள்.

"மாரி லா, கக்! மாரி!"

வா அக்கா என்கிறாள். நான் டின்னைத் தூக்கிக்கொண்டு காரைவிட்டு இறங்கினேன்.

"கண்ணம்மை! நம்ம வீட்டுப் பொம்பளைங்க பஸ்ஸுல ஏறுவாகளா? நாலு பேர் என்ன சொல்லுவாக!" என்று பதறினார் என் கணவர்.

நாலு பேர் அங்கேயேதான் நின்று இவரைப் பார்த்துச் சிரித்துக்கொண்டிருந்தார்கள். நான் பெரியவருக்கு எதிரே போய் நின்றேன். கதவு இல்லை, முக்காடு இல்லை.

"வண்டி விரதத்த முடிச்சிருச்சு. இனி அது எந்திரிக்காது. நீங்க காவல் இருங்க" என்று நேராக அவர் முகத்தைப் பார்த்துச் சொன்னேன். பதில் சொல்ல அவருக்குத் தம்பி வாய் தேவைப்பட்டது. தம்பி வாயைப் பிளந்துகொண்டு நின்றார்.

பஸ்ஸில் ஏறின பிறகுதான் என்னிடம் காசு இல்லை என்பது நினைவுக்கு வந்தது. பெட்டி பெட்டியாகப் பணம் புழங்குகிற வீட்டுப் பெண்ணுக்கு மீன்காரி டிக்கெட் வாங்கினாள். வெட்கமாகத்தான் இருந்தது. பஸ் ஓடுகிற சுகத்தில் வெட்கம் கொஞ்ச தூரத்தில் போய்விட்டது.

துறைமுகத்துக்கு ஓடினேன். கப்பலின் ஏணியை எடுத்துவிட்டிருந்தார்கள். கயிற்றை அவிழ்த்துக்கொண்டிருந்தார்கள். கப்பலுக்கும் துறைமேடைக்கும் நடுவே தண்ணீர் ஒரு முழமாகி, ஒரு வாசல் அகலமாகிக்கொண்டிருந்தது. மேல் தட்டில் நூறு தலைகள். நான் பைத்தியக்காரிபோல முத்தம்மை, முத்தம்மை என்று கத்தினேன். கம்பியோரத்தில் ஒருத்தி வெயிலுக்குக் கண்ணைச் சுருக்கிக்கொண்டு திரும்பினாள். எங்கள் ஆத்தா அப்படித்தான் சுருக்குவாள். அவள் இடுப்பில் ஒரு பிள்ளை. நான் கேள்விகூடப் படாத பிள்ளை.

"ஆச்சி!" என்று அலறினாள். பிள்ளையைத் தூக்கிக் காட்டினாள். டின்னை நான் தூக்கிக் காட்டினேன். அதற்குமேல் ஒன்றும் செய்ய முடியவில்லை. அவள் எனக்குப் பின்னால் யாரையோ தேடினாள்.

"யாரோட வந்தே ஆச்சி?"

"தனியா!" என்று தொண்டை கிழியக் கத்தினேன்.

அது அவளுக்குக் கேட்டது. வாயைப் பொத்திக்கொண்டாள். அழுதாளா சிரித்தாளா என்று தெரிவதற்குள் கப்பல் திரும்பிவிட்டது. கால் மணி நேரம் முன்னால் வந்திருந்தால் அந்தப் பிள்ளையை நான் ஒரு தரம் தூக்கியிருப்பேன்.

டவுன் சந்தையில் ரொஸ்னாவைத் தேடிப் பிடித்து மணகோலத்தை அவள் கையில் கொடுத்துவிட்டு, அவளோடேயே பஸ்ஸில் திரும்பினேன்.

வீட்டு வாசலில் கார் நின்றது. மாடு கட்டி இழுத்து வந்திருக்கிறார்கள். பெரியவர் பஞ்சாங்கத்தைப் பார்த்து "ம், போயிருச்சு, ஊத்து" என்றார். என் கணவர் புனலை வைத்து, சொட்டுச் சிந்தாமல், பக்தியோடு புது எண்ணெயை ஊற்றினார். செத்தவர்களுக்கும் கடைசியாக எண்ணெய் வைத்துக் குளிப்பாட்டுகிற வழக்கம் எங்களுக்கு உண்டு. அதனால் நான் தடுக்கவில்லை.

தங்கையைப் பார்த்தாயா என்று யாரும் கேட்கவில்லை. டின்னைக் கவிழ்த்து முடித்துவிட்டு என் கணவர் நிமிர்ந்தார்.

"அந்த அண்டாவுல எண்ணெய் அப்படியே கெடக்கு. நாளைக்குத் தேச்சு வையி."

"நீங்களே தேயுங்க. நாளைக்கு எனக்கு டவுன்ல வேலை இருக்கு" என்றேன்.

"எதுல போவே?" என்று கேட்டுவிட்டு, அவரே காரைத் திரும்பிப் பார்த்தார். நான் உள்ளே போய், பஸ்ஸுக்கு வேண்டிய சில்லறையை மேசையிலிருந்து எடுத்து முந்தானையில் முடிந்துகொண்டேன்.