கும்மியில் ராசா இருந்த இடம்

புதுக்கோட்டை தனி சமஸ்தானமாக இருந்தது போய், சுதந்திரம் வந்த மறுவருஷம் மாசி மாதத்தில் திருச்சி ஜில்லாவோடு சேர்த்துவிட்டார்கள். செம்பாறாங்கல் வெட்டுகிற எங்களுக்கு அதனால் கல் இளகிவிடவில்லை. வெயிலும் பழைய வெயில்தான். ஏதோ மாறிவிட்டது என்று எனக்கு உறைத்தது ஆடி மாதம், என் பெண்சாதி அழகியின் கும்மியில்.

அழகி கும்மிக்கு முதல் குரல். அவள் ஓர் அடி பாடினால் சுற்றி நிற்கிற பெண்கள் அதைத் திருப்பிப் பாடிக் கைகொட்டுவார்கள். எங்கள் பக்கம் அதற்கு ஒரு வரிசை உண்டு. முதலில் பிள்ளையார், அப்புறம் ஊர்க்காளி, அப்புறம் மகாராசா, அப்புறம் கண்மாய். இவர்களிடம் உத்தரவு வாங்கிக்கொண்டுதான் மேற்கொண்டு பாட்டு. ஒரு கட்டுப்பாடும் உண்டு. கும்மி மங்கலக் காரியம். உயிரோடு இருக்கிறவர்கள் பெயரைத்தான் அதில் சொல்லலாம். செத்தவர் பெயர் ஒப்பாரிக்குப் போய்விட வேண்டும்.

ஆகஸ்ட் பதினைந்தாம் தேதி அரிமளம் பள்ளிக்கூட மைதானத்தில் கொடியேற்றம் என்றார்கள். திருச்சியிலிருந்து ஓர் அதிகாரி வருகிறார். விழாக் கமிட்டித் தலைவர் குமரப்பன் செட்டியார். ஓடியாடி வேலை பார்த்தவர் அடைக்கலமேரி டீச்சர், ஆவூர்க்காரர். சாயங்காலங்களில் கல் வெட்டுகிறவர்களுக்கு எழுத்துச் சொல்லிக்கொடுத்தவரும் அவர்தான். தலை நரைக்க ஆரம்பித்த பிறகு நான் பிடித்த பலகை அவர் கொடுத்தது.

டீச்சர் எங்கள் வீட்டுக்கே வந்துவிட்டார்.

"அழகி, கொடியேத்தத்துக்கு ஒன் கும்மிதான். ராசா பாட்டை மட்டும் எடுத்துரு."

"எடுத்துட்டு?"

"அப்படியே கண்மாய்க்குப் போயிர வேண்டியதுதான்."

"நடுப்படியைப் பேத்துட்டு ஏறச் சொல்றீங்களே டீச்சர். பொம்பளைக தடுக்கி விழுந்துருவாளுக."

டீச்சர் சிரித்துவிட்டார். "அப்ப அந்த எடத்துல நம்ம தேசத்தை வையி. ஒன் வீட்டுக்காரருதான் இப்ப எழுத்துப் படிச்ச ஆளாச்சே, அவரை எழுதித் தரச் சொல்லு."

எனக்குப் பெருமை தாங்கவில்லை. பேப்பரில் எழுத்துக்கூட்டி வாசித்த வார்த்தைகளை எல்லாம் பொறுக்கி நாலு அடி கட்டினேன். கங்கை இருந்தது, இமயமலை இருந்தது, பாரத மாதா இருந்தாள். அழகிக்கு வாசித்துக் காட்டினேன். அவள் கைகொட்டிப் பார்த்தாள். இரண்டாம் அடியில் கை நின்றுவிட்டது.

"நல்லாத்தான் இருக்கு. கங்கையில நம்ம ஊரு ஆளு யாரு குளிச்சிருக்கா?"

"யாரும் இல்ல."

"இமயமலையில?"

"அங்க யாரு போவா? அது பூராவும் பனியாம்."

"கல்லு இல்லையா? அப்ப ஒனக்கு அங்க சோலியே இல்ல."

காகிதத்தை மடித்துக் கூரைச் செருகலில் வைத்தாள். மறுநாள் கண்மாய்க் கரையில் கும்மி பழக வந்த பெண்களிடமே கேட்டுவிட்டாள்.

"ஏண்டி, நம்ம ஆளுக எங்கெங்க இருக்காகன்னு சொல்லுங்க. தேசம்னா அதுதானே?"

"எங்க அண்ணன் நாகராசு பினாங்குல."

"எங்க அக்கா ராசாத்தி கண்டியில தேயிலை கிள்ளுறா."

"எங்க மாமன் கோலாருல தங்கம் தோண்டுறாரு."

"தோண்டி என்னத்துக்கு? ஒன் காதுல பனையோலைதானே கெடக்கு!"

சிரிப்பு அடங்கினதும் முத்துமாரியம்மாள் மெதுவாகச் சொன்னாள். "ரங்கூனு."

முத்துமாரியம்மாளின் புருஷன் பெரியண்ணன், குமரப்பன் செட்டியாரின் ரங்கூன் கடையில் சமையலுக்குப் போனவன். ஜப்பான் சண்டை வந்து அங்கே குண்டு விழுந்தபோது செட்டியாருக்குக் கப்பலில் இடம் கிடைத்தது. மற்றவர்கள் காட்டுவழியாக நடந்தார்கள். சிலர் வந்தார்கள். பெரியண்ணனைப் பற்றி ஆறு வருஷமாக ஒரு தகவலும் இல்லை. தாலியை இறக்கிவிட்டுக் கருமாதி செய்துவிடலாம் என்று அவள் கொழுந்தன் திருப்பதி கேட்டுக்கொண்டே இருந்தான். அவனைச் சொல்லியும் குற்றமில்லை. செத்த அண்ணனுக்குத் தண்ணீர் விடாமல் இருக்கிறோமோ என்று அவனுக்கு ஒரு பயம். அவள் சரி என்றும் சொல்லவில்லை, மாட்டேன் என்றும் சொல்லவில்லை. கூடையை எடுத்துக்கொண்டு வேலைக்குப் போய்விடுவாள்.

அழகி பாட்டைக் கட்டிவிட்டாள். ராசாவை வணங்கின இடத்தில் பினாங்கை வணங்கினாள், கண்டியை வணங்கினாள், கோலாரையும் ரங்கூனையும் வணங்கினாள். எழுத்து இல்லாத அந்தப் பாட்டில் கைகள் எங்கேயும் தடுக்கவில்லை.

கேட்டுப்போக வந்த குமரப்பன் செட்டியாருக்குத்தான் முகம் சுருங்கிவிட்டது.

"ஆத்தா, கோலாரு சரி. மத்த எதுவும் நம்ம தேசத்துல இல்லையே."

"இல்லையா? எப்பருந்துங்க?"

டீச்சர் கையோடு கொண்டுவந்த தேசப்படத்தை விரித்தார். பெண்கள் குனிந்தார்கள். கண்டி இருக்கிற தீவு வேறு நிறத்தில் கிடந்தது. பர்மா ஓரத்தில் ஒரு விளிம்பாகத் தெரிந்தது. பினாங்கு வரவே இல்லை.

"எங்க அண்ணனைக் காயிதத்துக்கு வெளியில தள்ளிட்டாகளே!" என்றாள் நாகராசுவின் தங்கச்சி.

"பர்மா போன மார்கழி மாசத்துலருந்து தனி ராஜ்ஜியம்," என்றார் செட்டியார். "திருச்சிக்காரரு முன்னால அதைப் போயி நம்ம தேசம்னு பாடினா ஊரே சிரிக்கும். எனக்கு மட்டும் ஆசையா? என் கடை அங்கதான் பூட்டிக் கெடக்கு."

முத்துமாரியம்மாள் கேட்டாள், "அப்ப அங்க போன ஆளுக எந்தத் தேசங்க?"

செட்டியார் அவளைப் பார்த்தார். துண்டை உதறித் தோளில் போட்டுக்கொண்டார். "ஊருகளை எடுத்துருங்க. எடுக்கலைன்னா பள்ளிக்கூடத்துப் பிள்ளைக பாட்டே போதும்," என்று சொல்லிவிட்டு நடந்தார்.

இரண்டு நாள் அழகி கும்மி பழகப் போகவில்லை. மூன்றாம் நாள் கல்லுக்காட்டில், நான் வெட்டிப்போட்ட கல்லைப் புரட்டிக்கொண்டே சொன்னாள்.

"வணங்குறோம்னு பாடினாத்தானே அது ஒங்க எடமான்னு கேப்பாக? வாங்கன்னு கூப்பிட்டா?"

"யாரை?"

"வீட்டுல ஒரு விசேசம்னா வெளியூருச் சொந்தத்தைக் கூப்பிடுறதில்லையா? ஊரை எதுக்குப் பாடணும்? ஆளைப் பாடுவோம். எங்கிட்டு இருந்தாலும் கொடியேத்தத்துக்கு வாங்கன்னு."

எனக்குச் சட்டென்று புரிந்துவிட்டது. நான் எழுதினதில் மலையும் ஆறும் இருந்தது, ஒரு மனுசன் இல்லை. ஆனால் ஆளைப் பாடுவதென்றால் பெயரைச் சொல்ல வேண்டும். ரங்கூனுக்கு எங்கள் ஊரில் ஒரே பெயர்தான்.

அழகி கையைத் துடைத்துக்கொண்டு, கூடை சுமந்து வந்த முத்துமாரியம்மாளிடம் போனாள். நானும் உளியை வைத்துவிட்டு நின்றேன்.

"அக்கா, பேரைச் சொல்லிக் கூப்பிடணும். கும்மியில கூப்பிட்டா ஆளு இருக்காருன்னு அர்த்தம். அதுக்கப்புறம் ஒன் கொழுந்தனும் பேச முடியாது, நீயும் மாத்த முடியாது. இனி வரமாட்டாருன்னு ஒன் மனசு சொல்லுச்சுன்னா ரங்கூனை விட்டுருவோம். யாரும் ஒன்னைய ஒரு வார்த்தை கேக்க மாட்டோம். நீதான் சொல்லணும்."

அவள் கூடையை இறக்கினாள். தலைச்சும்மாட்டை அவிழ்த்து முகத்தைத் துடைத்தாள். மறுபடி சுருட்டினாள்.

"செட்டியாரு ஏதும் சொன்னா?"

"அதை நான் பாத்துக்கிறேன்."

"சத்தமாக் கூப்பிடுவியா?"

"மைதானம் பூராவும் கேக்கும்."

"கூப்பிடு," என்றாள். கூடையைத் தூக்கிவிடச் சொல்லி என்னைப் பார்த்தாள்.

பதினைந்தாம் தேதி நல்ல கூட்டம். கொடி ஏறியது. பிள்ளைகள் பாடினார்கள், அதிகாரி பேசினார். பிறகு பெண்கள் வட்டம் கட்டினார்கள். பிள்ளையார் முடிந்தது, காளி முடிந்தது. ராசாவின் முறை வந்தபோது செட்டியார் நாற்காலியில் நிமிர்ந்து உட்கார்ந்தார்.

பினாங்குச் சீமை போன நாகராசு – எங்க
கொடியேத்தம் பாக்க வந்து சேருங்க
கண்டியில கொழுந்து கிள்ளும் ராசாத்தி – எங்க
கொடியேத்தம் பாக்க வந்து சேருங்க

கோலார் மாமனும் வந்தார். கடைசியில் அழகி ஒரு மூச்சை இழுத்து, குரலை மேலே தூக்கினாள்.

ரங்கூனுச் சீமை போன பெரியண்ணன் – எங்க
கொடியேத்தம் பாக்க வந்து சேருங்க

எல்லாப் பெண்களும் அந்தப் பெயரைத் திருப்பிச் சொன்னார்கள். புருஷன் பெயரைச் சொல்லும் வழக்கம் இல்லாததால் முத்துமாரியம்மாள் மட்டும் வாயைத் திறக்கவில்லை. குனிந்து கைகொட்டினாள். அந்தச் சத்தம் எனக்குத் தனியாகக் கேட்டது.

நான் மேடைக்குப் பக்கத்தில் திருப்பதியோடு நின்றிருந்தேன். அதிகாரி செட்டியார் பக்கம் சாய்ந்தார்.

"யாருங்க இந்தப் பெரியண்ணன்? இந்த ஊர்த் தலைவரா?"

செட்டியார் கண்ணாடியைக் கழற்றித் துடைத்தார்.

"எங்க ஆளுங்க," என்றார். "ரங்கூன்ல இருக்காரு. கடையைப் பாத்துக்கிட்டு."

அதற்குள் கும்மி கண்மாய்க்குப் போய்விட்டது.

கூட்டம் கலைந்த பிறகு திருப்பதி, கமிட்டியில் கொடுத்த மிட்டாயைக் கையில் வைத்துக்கொண்டு முத்துமாரியம்மாளிடம் போய் நின்றான். அதை அவளிடம் நீட்டினான்.

"அண்ணன் வரட்டும் மதினி," என்றான்.

"வரட்டும்," என்றாள் அவள். மிட்டாயை வாங்கிக்கொண்டாள். "வந்ததும் சொல்றேன், நீ என்னென்ன பேசினேன்னு."